கேக்குக்குப் பட்டி பாத்த ஞாயித்துக்கிழமை

புருஷன் கேக் செஞ்ச கதைன்னு சொன்னேன், அதுக்குள்ள சிரிக்க ரெடியாயிட்டீங்க பாருங்க! உங்க மனசுல என்ன ஓடுதுன்னு எனக்குத் தெரியாதா? சர்க்கரைக்குப் பதிலா உப்பைக் கொட்டிட்டான். மூஞ்சியெல்லாம் மைதா. பொண்டாட்டி வாசல்படியில இடுப்புல கை வச்சுக்கிட்டு நிக்கிறா. அதானே? அந்தக் கதைய வேற யார்கிட்டயாவது போய்க் கேட்டுக்கோங்க. நான் தெரியாம தப்பு பண்ற ஆளு இல்லை. திட்டம் போட்டு, தீர யோசிச்சு, முழு மனசோட ஒரு கேக்கைக் கெடுக்கணும்னு களத்துல இறங்கினவன்.

எதுக்கு? ஞாயித்துக்கிழமைக்காக.

நான் பெயின்டர். படம் வரையற பெயின்டர் இல்லை, சுவருக்கு அடிக்கிறவன். வாரம் பூரா ஏணி மேல நின்னு கூரையைப் பாத்துக்கிட்டே இருப்பேன். ஞாயித்துக்கிழமைதான் என் கழுத்து கீழ இறங்கும். காலையில ஒரு டீ. அந்த டீ குடிச்ச களைப்பு தீர இன்னொரு டீ. மத்தியானம் சாப்பாடு. அப்புறம் சோபா. கண்ணை மூடினா சாயங்காலம்தான். அந்த சோபால என் உருவத்துக்கு ஒரு பள்ளமே விழுந்திருக்கு. வேற யாராவது உக்காந்தா முனகும்.

என் வீட்டுக்காரி தையல் கடையில துணி வெட்டித் தர்றவ. அவளுக்கும் வாரம் பூரா நின்னுக்கிட்டேதான் வேலை. துணிய வெட்டுற மாதிரியே பேச்சையும் வெட்டுவா, பிசிறே இருக்காது. ஒரு நாள் சாப்பிட்டுக் கை கழுவக்கூட விடாம ஆரம்பிச்சா.

"என்னங்க, வாரம் பூரா நீங்களும் வேலைக்குப் போறீங்க, நானும் போறேன்."

"ஆமா."

"ஞாயித்துக்கிழமை உங்களுக்கு லீவு."

"ஆமா."

"எனக்கு?"

இந்த எடத்துல 'ஆமா' போட முடியாது. இருமினேன்.

"இருமலுக்கு மருந்து அப்புறம் தரேன். இனிமே ஞாயித்துக்கிழமை சமையல் உங்களோடது."

"எனக்கு சமைக்க வராதும்மா. வந்தா செய்ய மாட்டேனா? கையிலயே அது இல்லை."

"இருக்கா இல்லையான்னு பாத்துடுவோம். வர்ற ஞாயித்துக்கிழமை என் தங்கச்சியும் அவ வீட்டுக்காரரும் டீ குடிக்க வர்றாங்க. ஒரு நட்ஸ் கேக் பண்ணுங்க. மேல சர்க்கரைப் பூச்சு. இருக்கறதுலயே சுலபமான கேக். வந்தவங்க நல்லா இருக்குன்னு சொல்லிட்டா, ஞாயித்துக்கிழமை அடுப்படி உங்களோடது."

"நல்லா இல்லைன்னு சொல்லிட்டா?"

"ஜென்மத்துக்கும் உங்களை அடுப்படிப் பக்கம் கூப்பிட மாட்டேன். வெந்நீர்கூட வைக்கச் சொல்ல மாட்டேன்."

"சத்தியமா?"

"சத்தியமா."

கை கழுவப் போனவன் குழாயடியிலயே ரொம்ப நேரம் நின்னேன். சிரிப்பை அடக்கணுமே! பாவம், எவ்வளவு கெட்டிக்காரி, இவ்வளவு பெரிய கதவைத் திறந்து போட்டுட்டாளே! ஜெயிச்சா தண்டனை. தோத்தா பரிசு. இப்படி ஒரு போட்டிய இதுக்கு முன்னாடி யாராவது வச்சிருப்பாங்களா? தோக்கறதுல என்னை ஜெயிக்க இனிமே ஒருத்தன் பொறந்து வரணும்!

ஞாயித்துக்கிழமை. மேஜை மேல எல்லாத்தையும் எடுத்து வச்சா. மைதா, சர்க்கரை, முட்டை, பாதாம், முந்திரி. அடுப்படி வாசல்ல ஒரு ஸ்டூலைப் போட்டு, முதுகை எனக்குக் காட்டி உக்காந்துக்கிட்டா. மடியில ஒரு சட்டை. பொத்தானுக்குக் காஜா எடுத்துக்கிட்டே சொன்னா, "வாயால சொல்லுவேன். கை வைக்க மாட்டேன், திரும்பியும் பாக்க மாட்டேன்."

எனக்கு இதைவிட என்ன வேணும்? அவ எதைச் செய்யணும்னு சொல்றாளோ அதைச் செய்யாம இருந்தாப் போதும்.

"வெண்ணெய் நல்லா இளகினப்புறம் போடுங்க."

ஃப்ரிட்ஜ்லேந்து எடுத்தேன். செங்கல் மாதிரி இருந்துச்சு. அப்படியே போட்டேன். பாத்திரம் ஒரு அடி நகந்துச்சு.

"மாவைச் சலிச்சுக்கோங்க."

"சலிச்சாச்சு." எனக்குத்தான்.

"பேக்கிங் பவுடரை மறந்துடாதீங்க."

மறப்பேனா? நல்லா ஞாபகம் வச்சு விட்டுட்டேன்.

"நட்ஸைப் பொடியா நறுக்கிப் போடுங்க, பல்லுல மாட்டும்."

முழுசு முழுசாக் கொட்டினேன். ஆத்துல கூழாங்கல்லு விழுந்த மாதிரி ஒவ்வொண்ணா முங்கிச்சு.

"ஓவன்ல வச்சப்புறம் கதவைத் திறக்காதீங்க. கேக் அமுங்கிடும்."

ஆகா! கேக்காமலே வந்த தகவல்! திறந்தேன், மூடினேன். திறந்தேன், மூடினேன். அந்தக் கதவை விசிறி மாதிரி ஆட்டி கேக்குக்குக் காத்து விட்டேன். அவ திரும்பவே இல்லை. அப்படி ஒரு நம்பிக்கை என் மேல! கொஞ்சம் பாவமாக்கூட இருந்துச்சு.

கேக் வெளிய வந்துச்சு. அடடா! நடுவுல குழி. ஒரு பக்கம் சரிவு. மேல குறுக்கால ஒரு வெடிப்பு. வெடிப்பு வழியா ஒரு பாதாம் எட்டிப் பாக்குது. விரலால தட்டினேன். டொக் டொக்னுச்சு. உள்ளேந்து யாராவது "யாரு?"ன்னு கேட்டுடுவாங்களோன்னு பயந்துட்டேன். அப்படி ஒரு அமோகமான தோல்வி.

நான் அங்கயே நிறுத்தியிருக்கணும்.

"ஆறிடுச்சா? பூச்சை ஊத்துங்க," வாசல்லேந்து குரல்.

சர்க்கரைத் தூள், கொஞ்சம் பால், உருக்கின வெண்ணெய். கலக்கி மேல கொட்டிட்டு வந்துடலாம்னுதான் கொட்டினேன். அது வழிஞ்சுது. இந்தப் பக்கம் கெட்டியா, அந்தப் பக்கம் திட்டுத் திட்டா. பாதி வெடிப்புக்குள்ள இறங்கிக் காணாமப் போச்சு.

விட்டுடுடான்னு மனசு சொல்லுது. கை கேக்க மாட்டேங்குது. என் பொழப்பு அப்படி. ஆஸ்பத்திரியில யாரையாவது பாக்கப் போனாக்கூட நான் கட்டில்ல இருக்கறவரைப் பாக்க மாட்டேன், அவருக்குப் பின்னாடி இருக்கற சுவரைத்தான் பாப்பேன். "எப்படி இருக்கு?"ன்னு கேட்டா, "பெயின்ட் ஒரு கோட் கம்மி"ம்பேன். கண்ணு முன்னாடி இப்படி ஒரு வழிசல் இருந்தா எப்படி விடறது? ஒரே ஒரு எடம். அதை மட்டும் சரி பண்ணிட்டுப் போயிடலாம்.

சரிஞ்ச பக்கத்தைக் கத்தியால சீவினேன். சீவின தூளைப் பூச்சோட குழைச்சு, சுவர் ஓட்டைய அடைக்கிற பட்டி பதத்துக்குக் கொண்டுவந்தேன். குழிய அடைச்சேன். வெடிப்பை மூடினேன். எட்டிப் பாத்த பாதாமை உள்ள தள்ளினேன். கொஞ்சம் காய விட்டு, உப்புத்தாளுக்குப் பதிலா கேரட் துருவியால லேசாத் தேய்ச்சு மட்டம் பண்ணேன். முதல்ல அடிப்பூச்சு, பிரைமர் மாதிரி தண்ணியா ஒரு கோட். அதை கேக் உள்ள இழுத்துக்கிட்டதும் கொஞ்சம் கெட்டியா அடுத்த கோட். தட்டை ஜன்னல்கிட்ட எடுத்துட்டுப் போய், ஒத்தைக் கண்ணை மூடிப் பாத்தேன். ஓரத்துல ஒரு கொப்பளம்! வீட்டுக்காரிகிட்ட ஒரு ஊசி வாங்கிட்டு வந்து குத்தினேன். மறுபடி ஒரு கோட். அப்புறம் நூல் பிடிச்சு, நேர்கோட்டுல முந்திரிய வரிசையா ஒட்டினேன்.

நிமிந்து பாக்கறேன். கேக்குல ஒரு மூஞ்சி தெரியுது. பெருமையில சிரிச்சுக்கிட்டு இருக்கு. என் மூஞ்சிதான். அந்த மடையனுக்கு அப்பத்தான் உறைச்சுது.

"அடேங்கப்பா!"

பின்னாடி அவ. கையில போன். டக்குனு ஒரு போட்டோ. நான் குறுக்க பாயறதுக்குள்ள சொந்தக்காரங்க எல்லாருக்கும் போயிடுச்சு, 'என் வீட்டுக்காரர் கைவண்ணம்'னு. எந்த ஊர்லேந்தோ ஒரு சித்தப்பா கைதட்டி அனுப்பறாரு.

அப்புறம் எனக்கு நானே தைரியம் சொல்லிக்கிட்டேன். வெளியதான பெயின்ட்? உள்ள கட்டடம் சரியில்லையே! பாக்கற கண்ணை ஏமாத்தலாம். கடிக்கிற பல்லை?

சாயங்காலம் வந்தாங்க. என் மச்சினி அக்காவுக்கு நகல், குரல்கூட அதே குரல். அவ வீட்டுக்காரர், என் சகலை, வாட்ச் ரிப்பேர் பண்றவர். வாட்ச்கூட டிக் டிக்குன்னு ஏதாவது சொல்லும். அவர் அதுவும் சொல்ல மாட்டார்.

வீட்டுக்காரி கத்திய வச்சா. இறங்கலை. எழுந்து நின்னு, தோளைக் குடுத்து அழுத்தினா. துண்டு தட்டுல விழுந்தப்ப தட்டுக்காக நான் பதறினேன். மச்சினி வாயில வச்சா. 'கடக்'. என் காதுக்கு அது சங்கீதம்.

"மாமா..."

"சொல்லும்மா. தயங்காம சொல்லு. மாமா வருத்தப்பட மாட்டேன்."

"பிரமாதம் மாமா!"

"என்னது?"

"வாயில வச்சாக் கரையுது!"

"எங்க கரையுது? இப்பத்தான 'கடக்'னுச்சு?"

"அது மொறுமொறுப்பு மாமா."

"உள்ள வேகவே இல்லம்மா! பாரு, ஈரமா இருக்கு!"

"அதான் மெத்துனு இருக்கு."

"பாதாம் முழுசா மாட்டலை?"

"உங்களுக்கு தாராள மனசு மாமா."

வீட்டுக்காரி தங்கச்சி பக்கம் சாஞ்சு, "இவர் எப்பவும் இப்படித்தான்டி. பாராட்டினா கூச்சம்"ன்னா.

உலகத்துலயே தன் கேக்கைத் தானே திட்டி வாதாடினவன் நானாத்தான் இருப்பேன். "பேக்கிங் பவுடரே போடலை!"ன்னேன்.

"அது இல்லாமயே இப்படின்னா, போட்டா எப்படி இருக்கும்!"

"ஐயோ, நான் வேணும்னுதான் கெடுத்தேன்!"

வீட்டுக்காரி நிதானமா என்னைப் பாத்தா. "கெடுக்கறவரு மூணு கோட் அடிப்பாரா? ஊசி வாங்கிட்டுப் போய்க் கொப்பளம் குத்துவாரா?"

கேக் வேற ஜன்னல் வெளிச்சத்துல மினுக்குது, அவ கட்சிக்குச் சாட்சி மாதிரி.

இன்னும் ஒரே ஒரு நம்பிக்கை. சகலை. அவருக்கு ஒரு பக்கத்துக் கன்னம் உப்பியிருக்கு. உக்காந்ததுலேந்து முதல் வாய்க் கேக்கைத்தான் மென்னுக்கிட்டு இருக்கார். கண்ணுல தண்ணி.

"சகலை, நீங்க பொய் சொல்லத் தெரியாதவர். என் ஞாயித்துக்கிழமை உங்க வாயிலதான் இருக்கு. சொல்லுங்க, இதை மனுஷன் தின்பானா?"

அவர் தன் பொண்டாட்டியப் பாத்தார். என் பொண்டாட்டியப் பாத்தார். ரெண்டு பேரும் சிரிச்சுக்கிட்டே தலையாட்டினாங்க. டீயை எடுத்து ஒரே மூச்சுல குடிச்சு, வாயில இருந்ததை உள்ள தள்ளினார். அப்புறம் என் தோள்ல கை வச்சார்.

"சத்தியமாத் திங்க முடியல அண்ணே."

"பாத்தியா! பாத்தியா! கேட்டுக்கோ!" நான் துள்ளி எழுந்தேன்.

"உக்காருங்க அண்ணே. இதெல்லாம் ஒண்ணுமே இல்லை. எங்க வீட்டுலயும் இதே போட்டிதான். நான் வச்ச கேக்கை அடுப்புலயே விட்டுட்டுக் கடையத் திறக்கப் போயிட்டேன். வந்து பாத்தா கரி. ருசி பாக்க அண்ணிதான் வந்திருந்தாங்க, நீங்க தூக்கம்னு வரலை. இப்ப ஞாயித்துக்கிழமை ஞாயித்துக்கிழமை நான்தான் சமைக்கிறேன்."

"கரியையா நல்லா இருக்குன்னு சொன்னாங்க?"

"சொன்னதோட விட்டாங்களா? அக்காவும் தங்கச்சியும் தின்னுட்டு, இன்னொரு துண்டு கேட்டாங்க அண்ணே!"