வெற்றிலை வாங்கிய பிரதமர்

அன்றைக்கு எனக்கு இருந்தது ஒரே ஒரு வேலை. மிக்சி ஜாருக்கு வாஷர் வாங்க வேண்டும்.

பழைய வாஷர் தேய்ந்துபோய், சட்னி அரைத்தால் பாதி ஜாரில், பாதி சமையல் மேடையில். தனியாக இருக்கும் கிழவிக்குப் பாதி சட்னி போதும்தான். ஆனால் மேடையைத் துடைக்கும்போது காரணமில்லாமல் அழுகை வருகிறது. சட்னிக்காக அழுவது எனக்கே அவமானமாக இருந்ததால், பையை எடுத்துக்கொண்டு ஜமுனாமரத்தூர் கடைத்தெருவுக்குக் கிளம்பினேன்.

பாஷா பாய் கடை பூட்டியிருந்தது. எனக்குத் தெரிந்து மலையில் வாஷர் விற்பவர் அவர் ஒருவர்தான். பக்கத்து டீக்கடைக்காரரிடம் கேட்டேன்.

"பாய் எங்கப்பா?"

"கடை டிவிய தூக்கினு சமுதாயக் கூடத்துக்குப் போய்க்கீறாரும்மா. நாளைக்குப் பிரதமரு டிவில வந்து நம்ம சாமை அரிசி குழு பொம்பளைங்களாண்ட பேசப்போறாராமே!"

கூடத்துக்குப் போனேன். பாய் ஏணிமேல் நின்று ஒயர் இழுத்துக்கொண்டிருந்தார்.

"பாய், ஒரு வாஷர்."

"இன்னாம்மா நீங்க! நாட்டுக்கே பிரதமர் வர்றாரு, நீங்க வாஷர் கேக்குறீங்க! ஒத்திகை முடியட்டும், தர்றேன்."

ஒத்திகை தொடங்கவே இல்லை. காரணம், பிரதமர் இல்லை. மாவட்டத்திலிருந்து வந்திருந்த அதிகாரி கையைப் பிசைந்துகொண்டிருந்தார்.

"லேப்டாப் முன்னாடி பிரதமர் மாதிரி உக்காந்து நாலு கேள்வி கேக்கணும். படிச்சவங்க யாராவது இருக்காங்களா?"

பாய் ஏணியிலிருந்தே கை நீட்டினார். "தோ, நம்ம தபாலம்மா கீறாங்களே! அந்தக் காலத்து பி.ஏ.!"

முப்பது வருடம் மலைத் தபால் ஆபீஸ் கவுண்டரில் உட்கார்ந்தவள் நான். எழுதத் தெரியாதவர்களுக்கு மனு எழுதித் தந்தவளும் நான்தான். கலெக்டருக்கு எழுதியிருக்கிறேன், மந்திரிக்கு எழுதியிருக்கிறேன். பிரதமருக்கு எழுதியதற்குக் கணக்கே இல்லை. பிரதமர்கள் மாறினார்கள், என் கையெழுத்து மாறவில்லை. டில்லியில் என் கையெழுத்துக்கு ரசிகர்கள் இருப்பார்கள் என்றுகூட ஒரு நினைப்பு.

ஆகவே, வாஷருக்காகப் பிரதமர் பதவியை ஏற்றுக்கொண்டேன்.

கூடத்துக்குப் பின்னால் சாக்கு மூட்டைகள் அடுக்கிய சின்ன அறை. அதுதான் என் அலுவலகம். லேப்டாப் முன்னால் உட்காரவைத்தார்கள். என் முகம் அந்தப் பக்கம் பாயின் பெரிய டிவியில் தெரியும், கூடம் இந்தப் பக்கம் என் லேப்டாப்பில் தெரியும்.

"தலைய ஆட்டாதீங்க மேடம். மூக்கத் தொடாதீங்க. தண்ணி குடிக்காதீங்க."

"பாட்டில் வச்சிருக்கீங்களே?"

"அது வைக்கிறதுக்கு."

"பாத்ரூம் போகணும்னா?"

"நிகழ்ச்சி நிரல்ல இருந்தா போலாம்."

நாட்டையே ஆளலாம், மூக்கை மட்டும் சொறிய முடியாது. ஐந்து நிமிடத்தில் எனக்கு அந்தப் பதவிமேல் ஆழ்ந்த இரக்கம் வந்தது.

ஆறாவது நிமிடத்தில் ஆசை வந்தது! கூடத்தில் அத்தனை பேரும் அமைதியாக என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். என் வீட்டுக்காரர் போன பிறகு என் முகத்தை யாரும் அவ்வளவு நேரம் பார்த்ததில்லை. பதவியை விட்டு ஏன் ஒருவரும் எழுந்திருப்பதில்லை என்று விளங்கியது.

அட்டையைப் பார்த்துப் படித்தேன். "எப்படி இருக்கிறீர்கள்?"

"நல்லா கீறோம்!" என்றார்கள் கோரஸாக.

"திட்டத்தால் பயனடைந்தீர்களா?"

"அடைஞ்சோம்!"

அதிகாரி கட்டை விரலை உயர்த்தினார். அதோடு நிறுத்தியிருக்கலாம். நாற்காலி சூடு தலைக்கு ஏறிவிட்டது. அட்டையில் இல்லாத ஒரு கேள்வியைக் கேட்டேன்.

"வேறு ஏதாவது குறை உண்டா?"

அதிகாரியின் கட்டை விரல் மெதுவாக இறங்கியது.

கொளத்துமேட்டு சின்னப்பொண்ணு எழுந்தாள். ஐம்பது வயது இருக்கும். கூடை சுமந்து சுமந்து கழுத்து கொஞ்சம் உள்ளே போனவள்.

"கீதுங்க. மழைல ரோடு அரிச்சிப்போச்சின்னு எங்க ஊருக்கு வந்த பஸ்ஸ நிறுத்தினாங்க. திரும்ப ரோடு போட்டு ஒரு வருசம் ஆவுது, பஸ்ஸு வரல. புளிக்கூடைய தலைல வச்சினு மூணு கிலோமீட்டரு நடந்து மெயின் ரோட்டுக்கு வந்தா, ஒடுகத்தூர் வண்டி போய்டுது. அடுத்த வண்டில போனா சந்தை கலஞ்சிக்கினு கீது. வந்த வெலைக்குத் தள்ளிட்டு வர்றேன். எனுக்கு அந்தப் பஸ்ஸு வேணும்."

"ஆவன செய்யப்படும்" என்றேன். அந்த வாக்கியத்தை நான் யோசிக்கவில்லை. நாற்காலியிலேயே இருந்திருக்கிறது.

திரையில் சின்னப்பொண்ணைக் காணோம். அடுத்த நொடி என் அறைக் கதவு திறந்தது.

"பொட்டியாண்ட சொன்னா ஆச்சா? இந்தா, புடி."

ஒரு கை நீண்டது. கையில் சுண்ணாம்பு தடவிய வெற்றிலை, பாக்கு, மடித்த காகிதம்.

நான் வாங்கிக்கொண்டேன்.

முப்பது வருடக் கவுண்டர் பழக்கம்! யார் எதை நீட்டினாலும் வாங்கிவிடும் கை இது. கூடத்தில் பெண்கள் குலவை போட்ட பிறகுதான் உறைத்தது. எங்கள் மலையில் ஊர்ப் பெரியவரிடம் ஒரு காரியம் கேட்கப் போனால் வெற்றிலை பாக்கு நீட்டுவார்கள். முடியாது என்றால் அவர் தொட மாட்டார். வாங்கிவிட்டால் காரியம் அவருடையது. வாயால் சொல்வதெல்லாம் காற்று.

பசிவேளை வேறு. நான் அதை மென்றும் விட்டேன். பாயின் பெரிய டிவியில், நாட்டின் பிரதமர் வாய் சிவக்க வெற்றிலை மெல்வதை ஊரே பார்த்தது.

மென்றுகொண்டே காகிதத்தைப் பிரித்தேன். மூன்று பக்க மனுவின் ஜெராக்ஸ். கையெழுத்து எங்கோ பார்த்ததுபோல் இருந்தது.

என்னுடையது.

"நீதாம்மா போன வருசம் எழுதிக் குடுத்த" என்றாள் சின்னப்பொண்ணு பெருமையாக.

படித்தேன். முதல் பக்கம் முழுக்கப் பனி. இரண்டாம் பக்கத்தில் புளியம்பூ உதிர்ந்தது. ஒரு பெண்ணின் பெருமூச்சு மூங்கில் காட்டில் எதிரொலித்தது. மூன்றாம் பக்கம் வரை போய்விட்டேன், பஸ் என்ற சொல்லே வரவில்லை. கடைசியில் 'நான்கு சக்கர நம்பிக்கை' என்று ஒன்று வந்தது. பஸ்ஸுக்கு ஆறு சக்கரம்.

பிரதமராக இருந்து படித்தபோது எனக்கே புரியவில்லை, இந்த அம்மாவுக்கு என்னதான் வேண்டும் என்று!

மறுநாள் நிஜப் பிரதமர் திரையில் வந்தார். இரண்டு கைகளையும் கூப்பி வணக்கம் சொன்னார். அப்போது படம் உறைந்தது. பத்து நிமிடம் கூப்பிய கைகளோடு அப்படியே இருந்தார். பிறகு மலையில் கரண்ட் போனது. அதிகாரி "நிகழ்ச்சி சிறப்பா முடிஞ்சது" என்று எழுதிக்கொண்டு கீழே இறங்கிவிட்டார். பாயும் டிவியோடு ஆட்டோ பிடித்துத் திருப்பத்தூருக்குப் போய்விட்டார், ஏதோ பாகம் புகைந்துவிட்டதாம். என் வாஷரும் அதோடு போயிற்று.

நான் சின்னப்பொண்ணுக்கு ஆறுதல் சொன்னேன். "அவர்கிட்ட கேக்க முடியாமப் போச்சேம்மா."

"அவர இன்னாத்துக்குக் கேக்கணும்? வெத்தல வாங்கினது நீதானே?"

"அது நடிப்பும்மா!"

"வாய் நடிக்கும். வெத்தல செவந்துச்சா இல்லியா?"

செவந்துதான் இருந்தது.

திங்கட்கிழமை விடிந்ததும் வாசலில் சின்னப்பொண்ணோடு நான்கு பெண்கள். "கெளம்பும்மா பிரதமரே, டிப்போவுக்குப் போலாம்."

அடிவாரத்தில் டிப்போ மேலாளர் எங்களை ஏற இறங்கப் பார்த்தார். "யாரும்மா நீங்க?"

நான் வாயைத் திறப்பதற்குள் சின்னப்பொண்ணு சொன்னாள். "பிரதமருங்க."

அவர் நாற்காலியைச் சற்றுப் பின்னால் தள்ளிக்கொண்டார். நான் அவசரமாகப் புது மனுவை நீட்டினேன். இந்த முறை இரண்டே வரி. 'காலை ஆறு மணி ஒடுகத்தூர் பஸ் கொளத்துமேடு வரை வந்து திரும்ப வேண்டும். ரோடு நன்றாக இருக்கிறது.' என் வாழ்நாளில் இவ்வளவு மோசமாக நான் எதையும் எழுதியதில்லை. ஒரு பூகூட இல்லை.

அவர் படித்தார். "அட, இவ்ளோதானா? இத முன்னாடியே சொல்லக்கூடாதா?"

"போன வருசமே டில்லிக்கு எழுதினோம் சார்."

"கொளத்துமேடா? இருங்க இருங்க..." பீரோவைத் திறந்து ஒரு ஃபைலை எடுத்தார். "டில்லிலேர்ந்து சுத்திச் சுத்தி எங்ககிட்டதான் வந்துச்சி. நாங்களும் ஆபீஸே கூடிப் படிச்சோம்மா. பனின்றாங்க, பெருமூச்சுன்றாங்க. வனத்துறைக்கு அனுப்பறதா ஆஸ்பத்திரிக்கு அனுப்பறதான்னே தெரியல. எந்தப் புண்ணியவதி எழுதினாங்களோ!"

முதல் பக்கத்தில் ஒன்பது அலுவலக முத்திரைகள். ஓரத்தில் பென்சிலில் ஒரு குறிப்பு: 'கவிதை?'

என் எழுத்துக்கு டில்லி முதல் அடிவாரம் வரை கிடைத்த ஒரே விமர்சனம் அதுதான். அதிலும் கேள்விக்குறி.

சின்னப்பொண்ணு என்னைப் பார்த்தாள். எழுதிய புண்ணியவதி யார் என்று அவள் சொல்லவில்லை. முந்தானையால் வாயை மூடிக்கொண்டு தோள் குலுங்கச் சிரித்தாள். காட்டிக்கொடுப்பதற்கு அது போதும்.

வெள்ளிக்கிழமை காலை ஆறு மணிக்குக் கொளத்துமேட்டுக்குப் பஸ் வந்தது. ஒடுகத்தூர் சந்தையில் கூடைப் புளியை நல்ல விலைக்கு விற்றுவிட்டு, எனக்கென்று வைத்திருந்த இரண்டு கை புளியோடு சாயங்காலம் சின்னப்பொண்ணு வந்தாள்.

"இந்தாம்மா, சட்னிக்கு வச்சிக்கோ."

பாய் இன்னும் திருப்பத்தூரிலிருந்து வரவில்லை. அந்தப் புளியிலும் பாதி மேடைக்குத்தான் போனது. ஆனால் துடைக்கும்போது அழுகை வரவில்லை, அதை மட்டும் சொல்லிவிடுகிறேன்.

மறுநாள் காலை கதவைத் திறந்தால் வாசலில் பதினொரு பேர். தண்ணீர் டேங்க், ரேஷன் கடை, கூரை ஒழுகும் பள்ளிக்கூடம். ஒவ்வொருவர் கையிலும் வெற்றிலை.

நான் சட்டென்று இரண்டு கைகளையும் கூப்பி, சிரித்த முகமாக அப்படியே நின்றேன்.

பெரிய தலைவர்கள் எந்நேரமும் ஏன் கும்பிட்டபடி நிற்கிறார்கள் என்று அப்போதுதான் புரிந்தது: கூப்பிய கையில் யாராலும் வெற்றிலை வைக்க முடியாது.