கடல் பூதத்தின் தலையணை

கடகடகடவென்று ஒரு சத்தம். நின்றது. ஒரு பெருமூச்சு. மறுபடியும் கடகடகட.

கண்ணைத் திறக்காமலேயே தெரிந்துவிட்டது. விடிந்து வெகுநேரமாகிவிட்டது, பக்கத்து அறையில் மனைவி தையல் மிஷினை மிதிக்கிறாள், நான் தூங்கியாக வேண்டும்.

துறைமுகத்தை ஒட்டிய ஐஸ் பேக்டரியில் எனக்கு நிரந்தர இரவு வேலை. ஊர் தூங்கும்போது தண்ணீரை உறையவைப்பேன். ஊர் விழித்ததும் ஜன்னலில் கறுப்புத் துணியைக் கட்டிக்கொண்டு நானே உறைந்துபோக முயல்வேன். தண்ணீர் சொன்ன பேச்சைக் கேட்கிறது. கண் கேட்பதில்லை.

தூக்கம் வராத பகல்களில் நான் பார்ப்பது கடல் பூதப் படங்கள். கோடி கொட்டி எடுத்ததெல்லாம் எனக்கு ஆகாது. பூதத்தின் முதுகில் ஜிப் தெரிய வேண்டும். ஒரு கடற்கரை ஊர். ஒரு காதல் ஜோடி. ‘கடலுக்குப் போகாதீங்க’ என்று கத்தும் ஒரு தாடிக்காரர். அவரை நம்பாத ஒரு நகரசபைத் தலைவர். தண்ணீரில் குமிழி வரும், அப்புறம் ஒரு பச்சைக் கை வரும். காதலி ஏன் ஊர்ப்பக்கம் ஓடாமல் தண்ணீர் ஓரமாகவே ஓடுகிறாள் என்று கேட்கக்கூடாது. கேட்டால் படம் முடிந்துவிடும்.

பார்க்கிறவர்களுக்கெல்லாம் அந்தக் காதலி மேல் கண். எனக்குப் பூதத்தின் மேல். பகல் முழுக்க இருட்டில் ஒண்டிக்கிடக்கிறது. ராத்திரி எழுந்து கிளம்புகிறது. எதிரே வருகிறவர்கள் அலறுகிறார்களே தவிர, சாப்பிட்டாயா என்று ஒருவரும் கேட்பதில்லை. யோசித்துப் பாருங்கள். அதுவும் நைட் ஷிப்ட்தான்.

ஒருநாள் மனைவி கத்தரிக்கோலும் கையுமாக வந்து டிவியை அணைத்தாள்.

“ஏங்க, உங்களுக்குத் தூக்கம் வேணுமா, பூதம் வேணுமா?”

“ரெண்டும் ஒண்ணா வந்தா நல்லதுதான்.”

“இனிமே பகல்ல தூக்கம் மட்டும்தான். பூதம்கிற பேச்சை எடுத்தீங்க...”

மீதியை அவள் சொல்லவில்லை. கத்தரிக்கோல் ஒருமுறை வாயைத் திறந்து மூடியது. நான் சம்மதித்தேன். கல்யாணத்தன்று ஆரம்பித்த பழக்கம்.

அவள் திரும்பிப்போய் மிஷின் முன்னால் உட்கார்ந்தபோது மடியில் ஏதோ பச்சை ரெக்சின் கிடந்தது. என்ன தைக்கிறாய் என்று கேட்டேன். ரெயின்கோட் ஆர்டர் என்றாள். அது மழையே இல்லாத மாதம். என் மனைவிக்கு எவ்வளவு முன்யோசனை என்று பெருமைப்பட்டுக்கொண்டே படுத்தேன். என் அறிவின் அளவு உங்களுக்கு இப்போதே புரிந்திருக்கும்.

அந்த வாரமே மச்சினன் ஐஸ் வாங்க வந்தான். மனைவியின் தம்பி, சொந்தமாக வேன் ஓட்டுகிறான். நான் பேக்டரிக்குள் நுழைகிற நேரம் பார்த்து வாசலில் நின்றான். பழைய படகுத்துறையில் சினிமா எடுக்கிறார்களாம், வண்டி இவனுடையதாம். என்ன படம் என்று கேட்டேன். கடலிலிருந்து ஒரு பூதம் வந்து ஊரை அழிக்கிற படம் என்றான். என் கையிலிருந்த ஐஸ் கொக்கி கீழே விழுந்தது.

“ஆனா பூதத்துக்கு ஆள் சிக்கல், அத்தான். ஸ்டண்ட் மாஸ்டருக்கு உடுப்பு தோள்ல ஏறமாட்டேங்குது, வயித்துல தொளதொளங்குது. தோள் ஒடுங்கி, தொந்தி முன்னால வந்து, இடது பக்கம் கொஞ்சம் சாய்ஞ்ச ஆளா இருக்கணும். அப்படி ஒருத்தரை எங்க போய்த் தேடுறது?”

சொல்லிவிட்டு வானத்தைப் பார்த்தான். நான் என்னைப் பார்த்துக்கொண்டேன். ஐஸ் கட்டிகளை ஒரே பக்கமாக இழுத்து இழுத்து என் இடது தோள் எப்போதும் சற்று இறங்கியிருக்கும்.

அன்றுதான் அந்த மாபெரும் முடிவை எடுத்தேன். நான் பூதமாவேன். வெளிச்சத்தில் ஒரு வேலை செய்வேன். ஊர் என்னைத் தெரிந்துகொள்ளும். இது பேராசையல்ல. எதிர்வீட்டு மெக்கானிக் ஒருமுறை என் வீட்டு வாசலில் என்னிடமே, “வீட்டுக்காரர் இருக்காரா?” என்று கேட்டிருக்கிறார். இத்தனை வருஷமாக ஓர் ஊரில் குடியிருந்து, அந்த ஊருக்கே புரளியாக இருக்கிறவனின் வேதனை பூதத்துக்குத்தான் புரியும்.

ஒரே நிபந்தனை, மனைவிக்குத் தெரியக்கூடாது.

திட்டம் எளிமையானது. என் தலையணையை நீளவாக்கில் கட்டிலில் கிடத்திப் போர்வையால் மூடினேன். மிஷின் கடகடவென்று ஓடும்போது அவளுக்கு வேறு சத்தம் கேட்காது. அந்த நேரம் பார்த்துப் பின்வாசலால் நழுவிவிட வேண்டும். நான் செருப்பைக் கையில் எடுக்கும்போதெல்லாம் மிஷின் நெடுநேரம் நிற்காமல் ஓடியது. உடம்பு சரியில்லை என்று இரவு வேலைக்கு லீவு கேட்டேன்; ராத்திரி வழக்கம்போல் வீட்டைவிட்டுக் கிளம்பி மச்சினனின் வேனில் படுத்துக்கொள்வதாக ஏற்பாடு. என் கல்யாணத்துக்கே லீவு தராத சூப்பர்வைசர், “உடம்பைப் பார்த்துக்கப்பா, தாராளமா எடுத்துக்க” என்றார். கடவுளே என் பக்கம் என்று நினைத்தேன்.

படகுத்துறையில் பூத உடுப்புக்குள் காலை விட்டேன், கையை விட்டேன், ஜிப்பை இழுத்தார்கள். தைத்து ஒட்டியதுபோல் உட்கார்ந்தது. இறங்கிய இடது தோளுக்குக்கூட உடுப்பில் இடது தோள் இறங்கியிருந்தது. இந்தப் படத்துக்கு முன் கல்யாண வீடியோ மட்டுமே எடுத்துவந்த டைரக்டர் என்னைச் சுற்றிச்சுற்றி வந்தார்.

“உங்களை நினைச்சே கடல் பெத்தமாதிரி இருக்கு, சார்.”

சார் என்றார். செதிலுக்குள் எனக்குக் கண் கலங்கியது. துடைக்க விரல் இல்லை, நகம்தான் இருந்தது.

விளக்கு வாங்க வசதியில்லாததால் வெயிலில் எடுத்து, அப்புறம் இருட்டாக்கிக்கொள்வதாகச் சொன்னார் டைரக்டர். அதாவது, பகலில் வேலைக்கு வந்தும் எனக்கு நைட் ஷிப்ட்தான். பாசி பூசிய தலையோடு தண்ணீரிலிருந்து எழுவேன். நாலு பேர் ஓடுவார்கள். அதே நாலு பேர் சட்டை மாற்றிக்கொண்டு மறுபடி ஓடுவார்கள். அவர்களில் ஒருவர் எதிர்வீட்டு மெக்கானிக். நான் அவர் கழுத்தைப் பிடித்தபோது உள்ளே இருப்பது யாரென்று அவருக்குத் தெரியவில்லை. தெரியும் நாள் வரும் என்று எண்ணி இன்னும் கொஞ்சம் அழுத்தினேன். நான் வாயைப் பிளந்து உறுமும்போது, டைரக்டர் பழைய வழக்கத்தில், “சார், இந்தப் பக்கம் பார்த்துச் சிரிங்க” என்பார்.

மறுநாள் பூதத்தின் முதுகுக் கூன் தண்ணீரில் நனைந்து தட்டையாகிவிட்டது. உடுப்பைத் தைத்தவரிடமே கொடுத்து நிமிர்த்திவரச் சொல்லி மச்சினனின் வேனில் ஏற்றினார்கள். நான் வீடு திரும்பினேன். கட்டிலில் போர்வை இருந்தது. போர்வைக்குள் நான் இல்லை. தலையணையைக் காணவில்லை.

என்ன செய்வது? என் தலையணை எங்கே என்று கேட்க முடியாது. கேட்டால், அப்போ இவ்வளவு நேரம் எதில் தலைவைத்துத் தூங்கினீர்கள் என்பாள். கைமேல் தலைவைத்துப் படுத்தேன். அவள் எட்டிப் பார்த்தாள்.

“நல்ல தூக்கமா?”

“அடிச்சுப்போட்டமாதிரி.”

“அது இனிமேதான்” என்றாள். எனக்குப் புரியவில்லை.

அடுத்த நாள் கூன் ஜம்மென்று எழும்பியிருந்தது. உடுப்புக்குள் தலையை நுழைத்ததும் பழகிய வாசனை ஒன்று வந்தது. என் தலை எண்ணெய் வாசனை. எனக்கும் பூதத்துக்கும் வாசனைகூட ஒன்றாகிவிட்டதே என்று மெய்சிலிர்த்தேன். கலைஞன் பாத்திரத்தோடு கலப்பது என்றால் இதுதான் என்று முடிவுகட்டினேன்.

கடைசி நாள். உச்சக்கட்டம். பூதம் படகுத்துறையில் ஏறி மீன் சந்தைக்குள் நுழைகிறது, ஒரு பெண் அதை எதிர்த்து நிற்கிறாள். கதாநாயகிக்கு வெயிலில் முகம் உரிந்துவிட்டதால் அவள் ஏற்கனவே பூதத்திடம் சிக்கிச் செத்ததாகக் கதையை மாற்றிவிட்டார்கள். ஊரிலேயே தைரியமான ஒரு குடும்பத்தலைவியைப் பிடித்திருக்கிறோம் என்றார் டைரக்டர். எனக்கு வெளியே தெரிவது பூதத்தின் வாய் வழியாகத்தான். பல்லிடுக்கில் பார்த்துக்கொண்டே படிகளில் ஏறினேன். எதிரே துடைப்பக்கட்டையோடு ஒரு பெண் நின்றாள். இடுப்பில் சொருகிய புடவையைப் பார்த்தேன். மேலே பார்த்தேன்.

என் மனைவி.

பூதம் திரும்பிக் கடலுக்கே ஓடியது.

“சார், பூதம் பின்வாங்கக்கூடாது” என்று டைரக்டர் கத்தினார். பிறகு அவரே, “இல்ல, நல்லாயிருக்கு, அந்தப் பயம் நல்லாயிருக்கு, அப்படியே திரும்பி வாங்க” என்றார். எனக்கு எங்கே நடிப்பு வந்தது? வால் தானாகத் தாளம் போட்டது. கூட்டம் மூச்சைப் பிடித்துக்கொண்டது.

எங்கள் ஊரை விட்டுப் போய்விடு என்பதுதான் அவளுக்கு எழுதிக்கொடுத்த வசனமாம். அவள் அதைச் சொல்லவில்லை. துடைப்பக்கட்டையை ஓங்கிக்கொண்டு கேட்டாள்.

“தூங்குற நேரத்துல இங்க என்ன வேலை?”

டைரக்டர் கேமராவை நிறுத்தவில்லை. அடி விழுந்தது. தொப். வலிக்கவில்லை. மறுபடி தொப். அதுவும் வலிக்கவில்லை. ஒவ்வோர் அடிக்கும் முதுகிலிருந்து என் தலை எண்ணெய் வாசனை குபீரென்று கிளம்பியது. அவள் அடித்துக்கொண்டிருப்பது என் தலையணையை. அது எந்த இடத்தில் இருக்கிறது என்று வைத்துத் தைத்தவளைத் தவிர வேறு யாருக்குத் தெரியும்?

பச்சை ரெயின்கோட் ஞாபகம் வந்தது. இறங்கிய இடது தோள் ஞாபகம் வந்தது. ஊர் பார்க்க, அவள் காலடியில் விழப்போனேன். அவள் குனிந்து பூதத்தின் காதருகே மெல்லச் சொன்னாள்.

“பார்த்து விழுங்க. வால் கிழிஞ்சிடும்.”

வால் கிழியாமல் விழுந்தேன்.

வீட்டுக்கு வந்த பிறகு எல்லாம் வெளியே வந்தது. உடுப்பு தைக்கும் வேலை வந்த அன்றே, ஸ்டண்ட் மாஸ்டரின் அளவை வாங்கி வைத்துக்கொண்டு என் அளவுக்கு வெட்டியிருக்கிறாள். தம்பியை ஐஸ் வாங்க அனுப்பியதும் அவள்தான். என் லீவை எனக்கு முன்னால் சூப்பர்வைசரிடம் போய்க் கேட்டதும் அவள்தான். நான் பின்வாசலைத் திறக்கும்போதெல்லாம் துணியே இல்லாமல் வெறும் மிஷினை மிதித்திருக்கிறாள்.

“நேரா எங்கிட்ட சொல்லியிருக்கலாமே.”

“சொல்லியிருந்தா போயிருப்பீங்களா? எனக்கெதுக்கு அதெல்லாம்னு சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்திருப்பீங்க. வேண்டாம்னு சொன்னேன். ஓடுனீங்க.”

“அளவு தப்பிடுச்சுன்னு அவங்க உன்மேல பழி போட்டிருந்தா?”

“போட்டாங்க. இத்தனை வருஷத்துல ஒரு ரவிக்கைகூட எனக்கு அளவு தப்பினதில்ல. பூதம் மட்டும் எப்படித் தப்பும்னு ஒருத்தரும் யோசிக்கல.” நூலைப் பல்லால் கடித்துக்கொண்டே சொன்னாள். “செத்த மீன்மாதிரி கண்ணைத் தொறந்துட்டு எத்தனை நாள்தான் படுத்துக்கிடப்பீங்க? எனக்குப் பார்க்க முடியல.”

அன்று பகலில், தலையணையே இல்லாமல், பல வருஷங்களுக்குப் பிறகு நன்றாகத் தூங்கினேன்.

படம் வெளியானது. துறைமுகத்தை ஒட்டிய சின்னத் தியேட்டர் நிறைந்தது. முதுகில் ஜிப் அருமையாகத் தெரிந்தது. துடைப்பக்கட்டை விழுந்தபோது எழுந்த விசிலில் தியேட்டர் கூரையில் ஓர் ஓடு கழன்றதாகப் பேச்சு. ஞாயிற்றுக்கிழமை எங்கள் வாசலில் கூட்டம். எல்லாருக்கும் பூதத்தை அடித்த கையால் ரவிக்கை தைத்துக்கொள்ள வேண்டுமாம். இதுதான் என் நேரம் என்று சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு வெளியே வந்தேன்.

எதிர்வீட்டு மெக்கானிக் முன்னால் நின்றார்.

“அக்கா, அந்தப் பூதம் கால்ல விழும்போது குனிஞ்சு என்னமோ சொன்னீங்களே, என்ன மந்திரம் அது? உள்ள இருந்தது யாருக்கா? பிரமாதமா அடி வாங்கினான்.”

நான் தொண்டையைக் கனைத்தேன். மனைவி என் பக்கம் திரும்பினாள். முகத்தில் அத்தனை அன்பு.

“சொல்லுங்களேன். உங்களுக்குத் தெரியுமே, உள்ள யாருன்னு.”

வாயைத் திறந்தேன். எல்லார் கண்ணும் என் மேல். இத்தனை நாள் ஏங்கிய வெளிச்சம். அப்போதுதான் மண்டையில் உறைத்தது. நான்தான் பூதம் என்றால், ஊரைக் கூட்டிவைத்துப் பெண்டாட்டியிடம் துடைப்பக்கட்டையால் அடி வாங்கி அவள் காலில் விழுந்தவனும் நான்தான். அதுவும் பெரிய திரையில். தினமும் மூன்று காட்சி.

வாயை மூடினேன்.

“அண்ணன் ஷூட்டிங் பார்க்கவே வரலியா?” என்றார் மெக்கானிக்.

“அவருக்குப் பகல்ல தூக்கம்தான் முக்கியம்” என்றாள் மனைவி.

கூட்டம் கலைந்தது. படக்காரர்கள் திருப்பியனுப்பிய உடுப்பு மூலையில் கிடந்தது. அதன் முதுகுத் தையலைப் பிளேடால் பிரித்து, என் தலையணைப் பஞ்சை வெளியே எடுத்து உதறினேன். உள்ளே அவள் மிஷின் முன்னால் உட்கார்ந்தாள். இந்தத் தடவை மடியில் நீல ரெக்சின். இரண்டு பெரிய இறக்கைகள் மாதிரி தொங்கியது. என்ன அது என்று நான் கேட்டேன்.

“ரெயின்கோட்” என்றாள்.

சரி என்றேன். கடகடகடவென்று சத்தம் ஆரம்பித்தது. நான் தலையணை உறையை விரித்துப் பிடித்துக்கொண்டு பஞ்சை அடைக்க ஆரம்பித்தேன்.