விரிப்பெல்லாம் ரோஸ் ஆன விவகாரம்

என் மரியாதைக்கும் பயத்துக்கும் உரிய அக்காவுக்கு, உன் ஒரே தம்பி வணக்கத்துடன் எழுதுவது. இங்கே நானும், உன் தம்பி மனைவியும், லாண்டரியின் இயந்திரங்களும் சௌக்கியம். அங்கே அத்தானின் இருமலும் உன் முழங்காலும் அடங்கி ஒடுங்கி இருக்கும் என்று நம்புகிறேன்.

முதலில் ஒரு விண்ணப்பம். செவ்வாய்க்கிழமை காலை நான் போனில் கத்தியதை நீ அடியோடு மறந்துவிட வேண்டும். "உன் பொண்ணை வந்து கூட்டிட்டுப் போ, இல்லேன்னா நான் லாண்டரியை மூடிட்டு சாமியாராப் போறேன்" என்று சொன்னவன் நான்தான், மறுக்கவில்லை. ஆனால் அந்த நேரத்தில் என் கையில் ஒரு ரோஸ் நிறத் தலையணை உறை இருந்தது. என் இடத்தில் யார் இருந்தாலும் அப்படித்தான் பேசியிருப்பார்கள். நீ டிக்கெட் எடுத்திருந்தால் உடனே ரத்து செய். இதை போனிலேயே சொல்லியிருக்கலாம். ஆனால் போனில் நீ என்னைப் பேச விடமாட்டாய், அதனால்தான் கடிதம்.

நடந்ததை ஆரம்பத்திலிருந்து சொல்கிறேன். உன் மகள் அந்தப் பெரிய கம்பெனி வேலையை விட்டுவிட்டு இங்கே வந்தபோது, பாவம், களைத்துப் போயிருக்கிறாள், கொஞ்ச நாள் மாமா வீட்டில் சாப்பிட்டுத் தூங்கட்டும் என்றுதான் நினைத்தேன். அங்கே அவளுக்குப் பூமியைக் காப்பாற்றும் பிரிவில் வேலையாம். திரையில் மரம், மழை, குழந்தை என்று படம் ஓட்டிக் காட்டுவாளாம், எல்லாரும் கை தட்டுவார்களாம், அதற்குப் பிறகு யாரும் ஒரு குழாயைக்கூடத் திருகமாட்டார்களாம். "எனக்கு நிஜமான குழாய் வேணும் அத்தை" என்று என் மனைவியிடம் சொல்லியிருக்கிறாள். என்னிடம் குழாய்க்கா பஞ்சம்? அலுவலக அறையில் அவளுக்கென்று மேசை, நாற்காலி, மின்விசிறி எல்லாம் ஏற்பாடு செய்தேன். அவள் அந்த நாற்காலியில் உட்கார்ந்து நான் பார்த்ததே இல்லை. பாய்லர் அறையில் இருப்பாள், துவைக்கும் இயந்திரத்துக்குப் பின்னால் இருப்பாள், ஒருநாள் சாக்கடை மூடியைத் திறந்து வைத்துக்கொண்டு, ஜோசியர் கையைப் பார்ப்பதுபோல் உள்ளே உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

எங்கள் பாய்லர் அறைக்குப் பின்னால் எப்போதும் ஒரு விசில் சத்தம் கேட்கும், உனக்கும் தெரியும், போன தடவை நீ வந்தபோது "யாருடா அது காலங்காத்தால விசிலடிக்கிறது" என்று கேட்டாயே, அதேதான். அதை நான் லாண்டரியின் மூச்சு என்று நினைத்துக்கொண்டிருந்தேன். ஒரு திங்கட்கிழமை தெரு முனை திரும்புகிறேன், விசிலைக் காணோம். பாய்லர் வெடித்துவிட்டது என்று ஒரு நினைப்பு, ஆட்களெல்லாம் வேலைநிறுத்தம் என்று ஒரு நினைப்பு, சட்டைப் பொத்தான் தாறுமாறாக இருக்க ஓடினேன், உள்ளே போனால் எல்லாரும் எப்போதும்போல் துணி மடித்துக்கொண்டிருக்கிறார்கள். உன் மகளும் பாய்லர்காரரும் கையெல்லாம் கரியாக நிற்கிறார்கள். "அது மூச்சு இல்ல மாமா, நீராவி ஒழுகிட்டிருந்தது. நீங்க இத்தனை வருஷமா காத்தைச் சூடு பண்ணிட்டிருந்தீங்க" என்றாள். எரிபொருள் மிச்சமானது உண்மை. ஆனால் எதிர்க்கடைத் தையல்காரர் இன்றுவரை என்னிடம் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. அந்த விசிலைக் கேட்டுத்தான் அவர் எழுந்திருப்பாராம்.

அதோடு விட்டாளா? அடுத்து தண்ணீர். துணியைக் கடைசியாக அலசுகிற தண்ணீர் ஏறக்குறைய சுத்தமாகத்தான் இருக்கிறது, அதைச் சாக்கடையில் விடாமல் ஒரு தொட்டியில் பிடித்து, அடுத்த சுற்றுத் துணியின் முதல் துவைப்புக்குப் பயன்படுத்தலாம் என்றாள். "ஒருத்தன் குளிச்ச தண்ணியில இன்னொருத்தன் குளிக்கிறதா?" என்று கேட்டேன். "குளிச்ச தண்ணி இல்ல மாமா, குளிச்சு முடிச்சு சும்மா மேல ஊத்திக்கிட்ட தண்ணி. அடுத்தவன் கால் கழுவறதுக்கு அது போதாதா?" என்றாள். எல்லாரும் சிரித்துவிட்டார்கள். என் லாண்டரியில், என் முன்னால், என்னைப் பார்த்து. வேறு வழியில்லாமல் தொட்டி கட்டச் சொன்னேன். நன்றாகத்தான் ஓடியது. தண்ணீர் லாரியை எதிர்பார்த்து நிற்கிற பிழைப்பே போய்விட்டது என்று நானே இரண்டு பேரிடம் பெருமை அடித்துக்கொண்டேன். என் கண்ணே பட்டுவிட்டதோ என்னவோ.

உனக்கு போன் செய்ததற்கு முந்தின நாள், திங்கட்கிழமை, சினிமா கொட்டகையிலிருந்து புதுத் திரைச்சீலைகள் வந்தன. நல்ல கருஞ்சிவப்பு. துவைத்தோம், அலசினோம். அந்தச் சீலைகள் கடைசி அலசல்வரை சாயத்தைக் கக்கியிருக்கின்றன, அந்தத் தண்ணீர் நேராகத் தொட்டிக்குப் போயிருக்கிறது, செவ்வாய் விடிந்ததும் அந்தத் தொட்டித் தண்ணீரில் நாங்கள் துவைத்தது எது தெரியுமா? பெரிய ஓட்டலின் படுக்கை விரிப்புகள், தலையணை உறைகள், அக்கா. நம் வீட்டு அடுப்பு எரிவதே அந்த ஓட்டலால்தான். இஸ்திரி உருளையில் துணி கொடுக்கிற அம்மாள் வந்து, "ஐயா, ஓட்டல்காரங்க கலர் மாத்திட்டாங்களா? நல்லாத்தான் இருக்கு" என்றாள். போய்ப் பார்க்கிறேன், வெள்ளை வெளேரென்று இருக்க வேண்டிய விரிப்பெல்லாம் ரோஸ். பிறந்த குழந்தையின் உள்ளங்கால் மாதிரி ரோஸ். அப்போதுதான் உனக்கு போன் செய்தேன்.

நான் பேசியது முழுவதையும் அவள் கதவுக்கு அந்தப் பக்கம் நின்று கேட்டிருக்கிறாள். பிறகு நான் சோப்பு அறைக்குப் போனபோது ஒரு டிரம்மின் மேல் உட்கார்ந்திருந்தாள். கண் சிவந்திருந்தது. "கலர் துணியை நான் யோசிக்கவே இல்ல மாமா. எல்லாத்தையும் யோசிச்சேன், அதை மட்டும் விட்டுட்டேன்" என்றாள். எனக்குக் கோபம் பாதி இறங்கிவிட்டது, ஆனால் முகத்தை மட்டும் அப்படியே வைத்துக்கொண்டேன். "சரி, வேன் வழியில நின்னு போச்சுன்னு ஓட்டலுக்குச் சொல்லிடலாம். அதுக்குள்ள திரும்பத் துவைச்சிடுவோம்" என்றேன். அவள் நிமிர்ந்து பார்த்தாள். "வேண்டாம் மாமா. நானே போய்ச் சொல்றேன்" என்று எழுந்து, ஒரு ரோஸ் விரிப்பை மடித்துக் கையில் எடுத்துக்கொண்டு வெளியே போய்விட்டாள். நான் கார் சாவியை எடுத்துக்கொண்டு பின்னால் ஓடினேன்.

அந்த ஓட்டல் மேனேஜரைப் பற்றி உனக்குச் சொல்லியிருக்கிறேன். ஒரே ஒரு தலைமுடிக்காக ஒரு வேன் துணியைத் திருப்பி அனுப்பிய மனிதர். இத்தனை வருஷத்தில் அவர் அறையில் நான் உட்கார்ந்ததே இல்லை, அவரும் உட்காரச் சொன்னதில்லை. இவள் போனாள், வணக்கம் சொன்னாள், உட்கார்ந்தாள், விரிப்பை அவர் மேசைமேல் விரித்தாள். "சார், இது உங்களோடது. இன்னிக்குக் காலையில இப்படி ஆயிடுச்சு. தப்பு என்னோடது" என்று ஆரம்பித்து, தொட்டி, சீலை, சாயம் எல்லாவற்றையும் ஒளிக்காமல் சொன்னாள். இனிமேல் கலர் துணி அலசின தண்ணீர் தொட்டிக்கே போகாதபடி தனிக் குழாய் வைத்துவிடுவதாகவும், துணி முழுவதும் மறுபடி வெள்ளையாகி நாளை வரும் என்றும், வெளுக்காததற்குப் பதிலாகப் புதுசு வாங்கித் தருவோம் என்றும் சொன்னாள். வாங்கித் தருவது நான். நான் சுவரோடு சுவராக நின்று அவருடைய டையையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

மேனேஜர் விரிப்பைத் தொட்டுப் பார்த்தார். வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார். "அப்போ நீங்க நிஜமாவே தண்ணியைத் திருப்பிப் பயன்படுத்துறீங்களா?" என்று கேட்டார்.

"ஆமா சார். அதனாலதான் இப்படி ஆச்சு."

அவர் என் பக்கம் திரும்பினார். "எங்க தலைமை அலுவலகத்துல ஆறு மாசமா என் கழுத்தைப் பிடிக்கிறாங்க. தண்ணியை வீணடிக்கிற லாண்டரிகளை மாத்துன்னு. தண்ணியை எப்படி மிச்சம் பிடிக்கிறீங்கன்னு எல்லா லாண்டரிக்கும் மெயில் போட்டேன். எல்லாரும் பச்சை இலை படம் போட்டு அழகா பதில் அனுப்பினாங்க. நீங்க மட்டும் பதிலே போடல. முதல்ல உங்களைத்தான் நிறுத்தறதா இருந்தேன்."

அக்கா, அந்த மெயிலை நான் ஏதோ விளம்பரம் என்று அழித்துவிட்டேன். என் காலுக்குக் கீழே தரை ஒருமுறை போய்விட்டு வந்தது.

"இலை படம் போட்டவங்க ஒருத்தர் துணியும் ஒருநாள்கூட ரோஸ் ஆகல" என்றார் மேனேஜர். "அவங்க தண்ணியைத் திருப்பி விட்டிருந்தா என்னிக்காவது ஆகியிருக்கணுமில்ல? இந்தப் பொண்ணு சொல்றதை நான் நம்பறேன். தனிக் குழாய் வெச்சதும் கூப்பிடுங்க, வந்து பார்க்கிறேன்." பிறகு, அக்கா, நம்பமாட்டாய், "ஏன் நிக்கிறீங்க, உட்காருங்க" என்றார். உட்கார்ந்தேன். காலையிலிருந்து நெஞ்சிலேயே நின்றுகொண்டிருந்த மூச்சு அந்த நாற்காலியில்தான் வெளியே வந்தது. கொஞ்சம் சத்தமாகவே வந்துவிட்டது. அவர் தண்ணீர் கொடுத்தார்.

திரும்பி வரும்போது காரில் அவள் ஜன்னல் வழியாகத் தெருவையே பார்த்துக்கொண்டு வந்தாள். காலையில் நான் போனில் கத்தியதைக் கேட்டதுமே அவள் வீட்டுக்குப் போய், பையைக் கட்டி வாசலில் வைத்துவிட்டுத்தான் லாண்டரிக்குத் திரும்பியிருக்கிறாள் என்பது எனக்கு அப்போது தெரியாது. வீட்டுக்கு வந்தால் என் மனைவி வாசலிலேயே நிற்கிறாள். "பை எங்க அத்தை?" என்று உன் மகள் கேட்டாள். "பிரிச்சுட்டேன். துணியெல்லாம் ஊற வெச்சாச்சு. ஈரத் துணியோட எப்படிப் போறேன்னு பார்க்கிறேன்" என்றாள் என் மனைவி. அதற்குப் பிறகுதான் அந்தப் பெண் சிரித்தாள். நானும் ஏதோ சொல்ல வேண்டுமே என்று, "தனிக் குழாய்க்கு என்ன அளவு வேணும்?" என்று கேட்டேன். மன்னிப்பு கேட்பதில் எனக்குப் பழக்கம் குறைவு என்று உனக்குத் தெரியும். அவளுக்கும் புரிந்தது என்றுதான் நினைக்கிறேன்.

விரிப்புகள் வெளுத்துவிட்டன. குழாய் பொருத்தியாகிவிட்டது. மேனேஜர் வந்து குனிந்து பார்த்துவிட்டு, சாயத் தண்ணீர் தொட்டிக்குப் போகாமல் வழி மாறிச் சாக்கடைக்குப் போவதைக் கண்டு தலையாட்டிவிட்டுப் போனார். ஆகவே அக்கா, நீ நிம்மதியாக இரு. உன் மகள் இங்கேயே இருக்கட்டும். லாண்டரியில் அவள் என்ன செய்தாலும் இனி நான் குறுக்கே நிற்பதில்லை என்று வாக்குக் கொடுத்துவிட்டேன். நீ வரவேண்டிய அவசியமே இல்லை. அத்தானுக்கு என் வணக்கம். வீட்டில் சிறியவர்கள் எல்லாரும் நோய்நொடி இல்லாமல், சொன்ன பேச்சு கேட்டு வளரட்டும் என்று வாழ்த்தி முடிக்கும்,

உன் அன்புத் தம்பி.

பி.கு.: உறையை ஒட்டப் போகும்போது அவள் வந்தாள். துண்டுகளை இயந்திரத்தில் உலர்த்துவது வீணாம், வெயிலில் கொடி கட்டி உலர்த்தலாமாம். நல்ல யோசனை, எங்கே கட்டுவது என்று கேட்டேன். "லாண்டரி முற்றத்துல வெயில் விழற இடம் ஒண்ணுதான் இருக்கு மாமா. அந்த வெயில் முழுக்க உங்க காருக்குத்தான் போகுது" என்றாள். காரையே விற்றுவிடலாமாம், வீட்டுக்கும் லாண்டரிக்கும் கூப்பிடு தூரம்தானாம். வாக்குக் கொடுத்தவன் நான், வாயைத் திறக்க முடியவில்லை. மேலே எழுதியது எதையும் மனதில் வைத்துக்கொள்ளாதே. அடுத்த பஸ்ஸிலேயே புறப்பட்டு வா. வந்தாலும் அவள் கேட்கமாட்டாள் என்பது தெரிந்ததுதான். ஆகவே வரும்போது, நடப்பதற்குத் தோதாக, எனக்கு ஒரு ஜோடி செருப்பு வாங்கி வா.