கண்மாய்க்கு மேல

பிள்ளைகளுக்கு வரைபடம் சொல்லிக்கொடுத்துச் சம்பளம் வாங்கும் எனக்குத் திசை தெரியாது. எங்கள் தலைமை ஆசிரியர் இதையெல்லாம் படிக்க மாட்டார் என்ற துணிச்சலில்தான் எழுதுகிறேன். வரைபடத்தில் வடக்கு எது என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். வகுப்பை விட்டு வெளியே வந்தால்தான் தகராறு. ஒரு ஜவுளிக்கடைக்குள் நுழைந்து வெளியே வந்தால் எந்தப் பக்கமிருந்து வந்தேன் என்பது மறந்திருக்கும். (எறும்பும் புறாவும் வீடு திரும்புவது எப்படி என்று பாடம் மட்டும் பிரமாதமாக எடுப்பேன்.)

அக்கா மகளுக்குக் காதுகுத்து வைத்தபோது எனக்கு இருபத்தாறு வயது. எழுமலைக்கு அந்தப் பக்கம், மச்சான் வீட்டுக் குலதெய்வமான கருப்பசாமி கோயிலில் விசேஷம். தாய்மாமன் மடியில் உட்கார வைத்துத்தான் காது குத்த வேண்டும். எங்கள் அப்பா அப்போதே இல்லை. அக்காவுக்குப் பிறந்த வீடு என்றால் அம்மாவும் நானும்தான்.

அக்காவின் மாமியார் கல்யாணத்தன்றே, "ஒத்த ஆம்பளப் புள்ள. நாளைப் பின்ன ஒரு நல்லது கெட்டதுக்கு வந்து நிப்பானான்னு பாப்போம்" என்று பந்தலில் எல்லோர் காதிலும் விழும்படி சொன்னவர். காதுகுத்துக்கு முந்தின வாரம், "மாமன் கெடா கொண்டாருவானா, இல்ல கைய வீசிக்கிட்டு வருவானா?" என்றும் கேட்டிருக்கிறார். அக்கா போனில் சொன்னது ஒன்றே ஒன்றுதான். "டேய், கெடாயும் வேணாம் ஒண்ணும் வேணாம். நேரத்துக்கு வந்து உக்காந்துரு. அது போதும்டா எனக்கு."

நல்ல நேரம் பத்தரை வரை. நண்பனிடம் இரவல் வாங்கிய கார், பின் சீட்டு முழுக்கச் சீர்த்தட்டுகள், பக்கத்தில் அம்மா, சட்டைப்பையில் கம்மல் டப்பா. எட்டு மணிக்கே உசிலம்பட்டியைத் தாண்டிவிட்டோம். "பாத்தியாம்மா!" என்று வேறு சொல்லிக்கொண்டேன். வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம்.

போனில் கருப்பசாமி கோயில் என்று தேடினால் அந்த வட்டாரத்தில் இருக்கிற அத்தனை கருப்பசாமியும் வரிசை கட்டி வந்தார்கள். முதல் கோயில் பூட்டியிருந்தது. இரண்டாவது கோயிலில் பந்தல், பாட்டு, வாழைமரம் எல்லாம் இருந்தது. அம்மா இறங்கிப் போய்ச் சந்தனம் எடுத்து, கல்கண்டை வாயில் போட்ட பிறகுதான் அது வேறு யாரோ பிள்ளையின் காதுகுத்து என்று தெரிந்தது. அங்கிருந்து கிளம்பும்போது மணி ஒன்பதரை. போனில் சிக்னல் வருவதும் போவதுமாக இருந்தது.

ஒரு பெரிய கண்மாய் கண்ணில் பட்ட நேரத்தில் மச்சானின் அழைப்பு வந்தது.

"மாப்ள, எங்கதான் இருக்கீக? இங்க எல்லாரும் கேக்குறாக."

"ஒரு கண்மாய் தெரியுது மச்சான்."

"அட, வந்துட்டீகளே! கண்மாய்க்கு மேல வாங்க. கீழ மட்டும் போயிராதீங்க, அம்புட்டுத்தேன், சுத்தி வர ஒரு மணி நேரம் ஆயிரும்."

லைன் போய்விட்டது. எதிரே தார்ரோடு கரைக்குக் கீழே இறங்கிப் போனது. ஒரு மண்பாதை கரைமேல் ஏறியது. இவ்வளவு தெளிவாக எனக்கு யாரும் வழி சொன்னதே இல்லை. முதல் கியரில் போட்டுக் காரைக் கண்மாய்க்கரை மேல் ஏற்றினேன்.

"ஏன்டா, இதுல கார் போகுமாடா?" என்றாள் அம்மா.

"மச்சான்தாம்மா சொன்னாரு. கீழ போகக் கூடாதாம்."

தை மாதம். இடது பக்கம் தளும்பத் தளும்பத் தண்ணீர், வலது பக்கம் இரண்டு ஆள் ஆழத்தில் வயல். கரை போகப் போகக் குறுகியது. அம்மா கண்ணை மூடிக்கொண்டு மீனாட்சியை வாய்விட்டே கூப்பிட ஆரம்பித்தாள். எனக்கு ஸ்டியரிங் வியர்வையில் வழுக்கியது. மணி பத்து அடிக்கப் பத்து நிமிடம். அப்போது பார்த்து எதிரே ஒரு ஆட்டு மந்தை வந்தது. அதற்குப் பின்னால் மடை. மடைக்கு மேல் மனிதர் நடக்கிற அளவுக்குத்தான் பாதை.

ஆடு மேய்க்கிற அக்கா ஒருவர் கம்போடு முன்னால் வந்தார். "ஏந்தம்பி, காரை எதுக்கு இதுல ஏத்துனீக?"

"கருப்பசாமி கோயிலுக்குக்கா. கண்மாய்க்கு மேல வரச் சொன்னாங்க."

அவர் என்னை ஒரு முறை பார்த்தார், காரை ஒரு முறை பார்த்தார். "ஆத்தாடி! மேலன்னா மேக்க தம்பி! கோயிலு கண்மாய்க்கு மேக்கால இருக்கு. நீங்க கீழ்க்கரையில வந்து நிக்கிறீக!"

அம்மா கண்ணைத் திறந்தாள். "அடப்பாவி! பொறந்து வளந்தது மேல மாசி வீதி. அது என்ன மாடியிலயாடா இருக்கு?"

பின்னால் எடுக்கலாம் என்றால் எனக்கு ரிவர்ஸ் நேர் ரோட்டிலேயே வராது. போன் அடித்தது. அக்கா அழுதுகொண்டிருந்தாள். "நம்ம பெரியம்மா மகன உக்கார வைக்கச் சொல்றாங்கடா. நீ இருக்கும்போது நான் எதுக்குடா இன்னொருத்தர் மடியத் தேடணும்?" அதோடு லைன் போனது.

கோயில் ரேடியோ செட்டின் பாட்டு நாலு பக்கமிருந்தும் கேட்பதுபோல் இருந்தது. எந்தப் பக்கம் பார்த்தாலும் கருவேலங்காடு.

"நீங்க ஓடுங்க தம்பி. அம்மாவ நான் கூட்டியாரேன்," என்றார் ஆட்டுக்கார அக்கா. "அந்தா, வெள்ளச்சி கெளம்பிருச்சு பாருங்க. ரேடியோ சத்தம் கேட்டா எலை திங்கக் கோயிலுக்குத்தான் ஓடும். அது பின்னாடியே போங்க."

ஒரு வெள்ளை ஆடு மந்தையிலிருந்து பிரிந்து மடையைத் தாண்டிப் போய்க்கொண்டிருந்தது. முதுகலைப் பட்டம் பெற்ற நான் அதன் பின்னால் ஓடினேன். அது தண்ணீரோரம் வளைந்தது, நானும் வளைந்தேன். முள்ளுக்குள் புகுந்தது, என் வேட்டி பாதி அங்கேயே நின்றது. நடுவில் அது நின்று நிதானமாக ஒரு கொழுந்தைக் கடித்தபோது, "தாயி, போ தாயி, பத்தேகால் ஆச்சு" என்று கையெடுத்துக் கும்பிட்டேன். இது சத்தியம்.

காடு முடிந்ததும் கோயில். பெரியம்மா மகன் மனையில் உட்கார்ந்திருந்தார், குழந்தை அவர் மடிக்குப் போய்க்கொண்டிருந்தது. அக்கா முகத்தைப் பார்க்க முடியவில்லை. அப்போது யாரோ கூவினார்கள்:

"ஏ, மாமன் கெடாயோட வந்துட்டாருய்யா!"

திரும்பிப் பார்த்தேன். வெள்ளச்சி என் பக்கத்தில் அடக்க ஒடுக்கமாக நின்றது. மூச்சு வாங்கியதில் இல்லை என்று சொல்ல வாய் வரவில்லை. (வந்திருந்தாலும் சொல்லியிருக்க மாட்டேன். அக்கா மாமியாரின் முகம் அப்படி இருந்தது.) அதற்குள் ஆட்டுக்கு மாலையே போட்டுவிட்டார்கள். பெரியம்மா மகன் சட்டென்று எழுந்து, "வாடா தம்பி, உன் எடம்டா" என்றார்.

குழந்தை என் மடிக்கு வந்தது. ஓடி வந்த காலும் தொடையும் வெடவெடவென்று ஆடின.

"தம்பி, ஆட்டாதீங்க," என்றார் காது குத்தும் ஆசாரி.

"நான் ஆட்டலைங்க, அதுவா ஆடுது."

ஒரு காது சரியாக அமைந்தது. மறு காதுக்கு அவர் கையை வைத்தபோது என் கால் ஒரு துள்ளு துள்ளியது. குழந்தை வீறிட்டது, பெண்கள் குலவை போட்டார்கள், எல்லாம் முடிந்தபோது பத்து இருபத்தெட்டு.

அடுத்த ஐந்தாவது நிமிடம் கோயிலுக்குப் பின்னாலிருந்து ஒரு பெரியவரின் குரல். "யோவ், யாருய்யா இத கெடான்னது? பெட்டைய்யா! அதுவும் சினை!" சீர்த்தட்டுகளோடு அம்மாவும் ஆட்டுக்கார அக்காவும் வந்து சேர்ந்த நேரம் அதுதான். "ஏய், என் வெள்ளச்சிக்கு எவன்டா மாலை போட்டது?" என்று அவர் கம்பை ஓங்க, அந்தக் கூட்டம் சிரித்த சிரிப்பில் கருப்பசாமியே சிரித்திருப்பார். மச்சான்தான் நாலு பேரோடு போய்க் காரைப் பின்னாலேயே எடுத்து இறக்கினார்.

மருமகள் இப்போது ஏழாம் வகுப்பு. அவளுக்கு ஒரு காதில் கம்மல் இருக்கும் இடத்துக்கும் மறு காதில் இருக்கும் இடத்துக்கும் நெல்மணி அளவு வித்தியாசம். மச்சான் வருகிறவர்களிடமெல்லாம் அந்தக் காதைக் காட்டி, "இது மாப்ள ஏறுன கண்மாய்க்கரை" என்பார். போன மாதம் தோடு எடுக்கப் போன இடத்தில் கடைக்காரர், "ஒண்ணு ஏறி இருக்கேம்மா, இதத் தூத்துட்டு நேரா வேற குத்திரலாமா?" என்று அக்காவிடம் கேட்டாராம்.

அக்கா, மாமியாரை வைத்துக்கொண்டே சொல்லியிருக்கிறாள்: "அதெல்லாம் வேணாம்ண்ணே. அது என் தம்பி மடியில உக்காந்து குத்துனது."