பரிசோதகர் நாற்காலி காலியாக இருக்கிறது

அறிவும் அழகும் நிறைந்த, ஆனால் சொன்ன பேச்சைக் கேட்காத என் பேத்திக்குப் பாட்டி எழுதிக்கொள்வது. இங்கே நானும், என் முழங்காலும், என் பொறுப்பிலுள்ள நாற்பத்திரண்டு வண்டிகளும் சௌக்கியம். அங்கே நீயும் உன் அம்மாவும் சௌக்கியமாக இருப்பீர்கள் என்று நினைத்துக்கொண்டு மேலே எழுதுகிறேன். அப்படி இல்லாவிட்டால் கடிதத்தை மடித்து வைத்துவிட்டு முதலில் டாக்டரைப் பார்க்கவும்.

போன வாரம் போனில் நீ சொன்னதை நான் மறக்கவில்லை. "அந்தக் கம்பெனி செத்து ரொம்ப நாளாச்சு பாட்டி. நீங்க எல்லாரும் சுத்தி உக்காந்து அதுக்கு விசிறிக்கிட்டிருக்கீங்க" என்றாய். நான் பேசாமல் போனை வைத்தது பதில் தெரியாமல் அல்ல, கோபத்தில் பல் செட் கழன்றுவிட்டது. அதனால்தான் எழுத்தில் சொல்கிறேன். நம் தேசத்துக்கென்று இருப்பது ஒரே ஒரு கார் கம்பெனி. அதில் உன் தாத்தா சக்கரம் மாட்டினார், நான் இருபத்தாறு வருஷம் சீட் தைத்தேன். ஐந்தாம் வகுப்புப் படிப்பை வைத்துக்கொண்டு பிரிவுத் தலைவியாக ஓய்வு பெற்றவள் நான் ஒருத்திதான். நீயோ கடலுக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து வேறு எவனுடைய வண்டிக்கோ 'எல்லாம் சரி' என்று கையெழுத்துப் போட்டுக்கொண்டிருக்கிறாய். எதிர்வீட்டுக் கதவுக்காரர் உனக்கு ஞாபகம் இருக்கும், முப்பது வருஷம் லைனில் கதவு மாட்டியவர், இன்றைக்கும் யார் வீட்டுக் கதவைப் பார்த்தாலும் ஒரு தடவை திறந்து மூடிப் பார்க்காமல் உள்ளே வரமாட்டார். அவர் என்னைக் கேட்கிறார், "ஏம்மா, உங்க பேத்தி கையெழுத்துப் போட்ட வண்டிதானே துறைமுகத்துல இறங்கி நம்ம வயித்துல அடிக்குது?" நான் என்ன சொல்வேன். "அவ நல்லாப் பாத்துட்டுத்தான் போடுவா" என்றேன். அது உண்மையாகவும் இருப்பதுதான் எனக்கு எரிச்சல்.

விஷயத்துக்கு வருகிறேன். அரசாங்கத்துக்கும் கம்பெனிக்கும் ஓர் ஒப்பந்தம் உண்டு. நம் ஃபாக்டரியில் லைன் நிற்காமல் ஓடும்வரைதான் வெளிநாட்டு வண்டிக்கு இறக்குமதி வரி. லைன் ஒரு நாள் நின்றால் மறுநாளே வரியை எடுத்துவிடுவார்கள், அதோடு நம் ஊர் முடிந்தது. ஆகவே வாங்க ஆள் இருக்கிறதோ இல்லையோ, தினம் நானூறு வண்டி வெளியே வந்துகொண்டே இருக்கிறது. ஒவ்வொன்றுக்கும் அதற்கென்று படித்த பரிசோதகர் கையெழுத்துப் போட்டால்தான் அது வண்டி. போடாவிட்டால் வெறும் இரும்பு. இருந்த பரிசோதகர் மூன்று மாதத்துக்கு முன் மதியச் சாப்பாட்டுக்கு எழுந்து போனவர் திரும்பி வரவில்லை. மூக்குக்கண்ணாடி இன்னும் மேஜைமேலேயே இருக்கிறதாம். கண்ணாடி இல்லாவிட்டால் அவருக்குத் தன் கையே தெரியாது, அந்த மனிதர் எப்படி வழி கண்டுபிடித்து ஊரை விட்டுப் போனார் என்று ஒருவரும் கேட்கவில்லை. நல்லவேளையாக வெற்றுத் தாள்களில் முன்கூட்டியே கையெழுத்துப் போட்டு அடுக்கி வைத்திருந்தார். அது இந்த மாதக் கடைசிவரை வரும். ஃபாக்டரி மேனேஜர் என் வீட்டுக்கே வந்துவிட்டார். "ஒண்ணாந்தேதி அந்த நாற்காலியில ஒருத்தர் உக்காரணும் பாட்டிம்மா, இல்லைன்னா லைனை நிறுத்தணும். இந்த ஊர்ல பொறந்து அந்தப் படிப்புப் படிச்சவங்க உங்க பேத்தி ஒருத்திதான்" என்றார். "அவ வருவா, என் பேச்சைத் தட்டமாட்டா" என்று வாக்குக் கொடுத்துவிட்டேன். இரண்டாவது பாதி பொய் என்று எனக்கும் தெரியும். முதல் பாதியை உண்மையாக்க வேண்டியது உன் பொறுப்பு.

செத்த கம்பெனி என்கிறாயே, காலை ஏழு மணிக்கு நீ இங்கே வந்து நின்று பார்க்க வேண்டும். விற்காத வண்டிகளை முதலில் ஃபாக்டரி மைதானத்தில் நிறுத்தினார்கள், அது நிரம்பியதும் பள்ளிக்கூட மைதானம், பிறகு ஆஸ்பத்திரி வாசல், இப்போது தெருத்தெருவாக. எல்லாம் ஒரே சாம்பல் நிறம், மற்ற பெயிண்ட் தீர்ந்துவிட்டது. தெருவுக்கு ஓர் ஓய்வுபெற்றவர் பொறுப்பு, நம் தெருவுக்கு நான். ஏழு மணிக்குச் சங்கு ஊதியதும் பேட்டரி சாகாமலிருக்க ஒவ்வொரு வண்டியையும் கிளப்பி ஓடவிட வேண்டும், டயர் ஒரே பக்கம் அமுங்காமலிருக்க ஒரு சாண் முன்னால் உருட்டி மறுபடி பின்னால் உருட்ட வேண்டும். ஊர் முழுக்க ஆயிரக்கணக்கான எஞ்சின்கள் உறுமும், ஜன்னல் கண்ணாடி நடுங்கும், காக்கைகள் எல்லாம் கிளம்பி மேலே சுற்றும், ஒருத்தரும் எங்கேயும் போகமாட்டார்கள். எட்டு மணிக்கு எல்லாவற்றையும் அணைத்துவிடுவோம். அப்போது ஓர் அமைதி வரும் பார், யாரோ நம்மைக் கூப்பிட்டு நாம் பதில் சொல்லாமல் விட்டது போல இருக்கும். சமீப காலமாக எனக்கு வேலையும் குறைந்திருக்கிறது. தெருக்கோடிக்குப் போவதற்குள் கடைசி ஏழெட்டு வண்டிகள் தாமாகவே ஓடிக்கொண்டிருக்கின்றன. சாவிக்கொத்து என் இடுப்பில்தான் இருக்கிறது. நம் தொழிலாளிகள் செய்த எஞ்சின், சாவிக்காகக் காத்திருக்கவில்லை. உங்கள் வெளிநாட்டு வண்டி இப்படிச் செய்யுமா?

"அங்கே வேலை செய்ய யார் பாட்டி இருக்காங்க, பாதி ஊர் காலி" என்று வேறு கேட்டாய். அதையும் நேரில் போய்ப் பார்த்துவிட்டேன். முன்பு ஒரு ஷிஃப்டுக்குப் பதினோரு பஸ் வரும், இப்போது ஒன்று வருகிறது. டிரைவர் மட்டும் இருந்தார். கேட்டில் நிறுத்தினார், கதவைத் திறந்தார். பஸ் இடது பக்கம் சாய்ந்தது, கொஞ்சம் கொஞ்சமாக நிமிர்ந்தது. நன்றாக நிமிர்ந்தபின் கதவை மூடிக்கொண்டு போய்விட்டார். ஸ்பிரிங் பழசு. வாட்ச்மேனைக் கேட்டேன்.

"உள்ள எத்தனை பேருப்பா வேலை செய்யறாங்க?"

"ஃபுல் ஷிஃப்டும்மா."

"நீ பாத்தியா?"

"நான் எங்கம்மா பாக்கறது. வண்டி வெளிய போறதைத்தான் என்னைப் பாக்கச் சொல்லியிருக்காங்க. உள்ள போறவங்க என் முதுகுப் பக்கமால்ல போறாங்க."

"முதுகுல காத்து படுமே, தெரியாதா?"

"அது படும்மா" என்றான். அதற்கப்புறம் என் முகத்தைப் பார்க்கவில்லை.

மேனேஜரே கூட வந்து சீட் பிரிவைக் காட்டினார். எங்கள் காலத்தில் எழுபது பெண்கள், அறுபத்தொன்பது வாய்கள், ஒருத்தி ஊமை, அவளும் கையால் வம்பு பேசுவாள். இப்போது ஒரே ஒரு மெஷின் தானாகத் தைத்துக்கொண்டிருக்கிறது. பக்கத்தில் போய்த் தையலைத் தொட்டுப் பார்த்தேன், எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. பல வருஷத்துக்கு முன்னால் மாதிரிக்கு என்று நான் தைத்த ஒரு சீட்டை எடுத்துக்கொண்டு போனார்கள். அன்று ரெக்சின் தூசு மூக்கில் ஏறி நாலாவது வரிசையில் தும்மிவிட்டேன், தையல் ஓர் அரிசி அகலம் இடது பக்கம் போய்த் திரும்பி வந்தது. யார் பார்க்கப் போகிறார்கள் என்று விட்டுவிட்டேன். அந்த மெஷின் அதைப் பார்த்துக் கற்றுக்கொண்டிருக்கிறது. இத்தனை வருஷமாகத் தினம் நானூறு வண்டியிலும் என் தும்மல் போய்க்கொண்டிருக்கிறது. அதுமட்டுமல்ல, அந்த இடம் வந்ததும் மெஷின் ஓர் உலுக்கு உலுக்கிவிட்டு, நான் மூக்கைத் துடைத்துக்கொள்ள எவ்வளவு நேரம் ஆகுமோ அவ்வளவு நேரம் நிற்கிறது. பிறகு தைக்கிறது.

"இதைச் சரி பண்ணக்கூடாதா?" என்று கேட்டேன்.

"பண்ணிப் பாத்தோம் பாட்டிம்மா. அதை எடுத்தா அது தைக்க மாட்டேங்குது" என்றார் மேனேஜர், என்னவோ வீட்டுப் பிள்ளை அடம்பிடிப்பதைச் சொல்வது போல. தேசம் முழுக்க என் தும்மல்மேல் உட்கார்ந்துதான் போகிறது என்பதில் எனக்குப் பெருமைதான். ஆனாலும் மெஷின் நின்ற அந்த நேரத்தில் என் மூக்கு நமைத்ததை உன்னிடம் மட்டும் சொல்கிறேன்.

இதற்கிடையில் தலைநகரத்திலிருந்து மூன்று பேர் குழு வந்தது, நம் வண்டிகளை ஜனங்கள் உண்மையிலேயே ஓட்டுகிறார்களா என்று பார்க்க. மேனேஜர் எங்களை எல்லாம் கூப்பிட்டு, மணிக்கூண்டைச் சுற்றிச் சுற்றி ஓட்டுங்கள், ஒவ்வொரு சுற்றுக்கும் தொப்பியை மாற்றிக்கொள்ளுங்கள் என்றார். ஓட்டத் தெரிந்த ஓய்வுபெற்றவர்கள் மொத்தம் இருபத்துமூன்று பேர். எனக்குக் கிளப்பி ஒரு சாண் உருட்டத்தான் தெரியும், தெருவில் ஓட்டத் தெரியாது, அதனால் கதவுக்காரர் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டேன். அவரோடு போவதற்கு நடந்தே போகலாம். கதவு சரியாக மூடவில்லை என்று மூன்று தடவை நிறுத்தினார். குழு ஹோட்டல் மாடியில் உட்கார்ந்து எண்ணிக்கொண்டிருந்தது. நாலாவது சுற்றில் தொப்பி சரியாக இருக்கிறதா என்று கண்ணாடியில் பார்த்தேன். எங்களுக்குப் பின்னால் வந்தது என்னுடைய பதினேழாம் நம்பர் வண்டி. அதன் முன்கண்ணாடியில் நான் ஒட்டிய நம்பர் சீட்டு, என் கையெழுத்து. இடுப்பைத் தொட்டுப் பார்த்தேன், பதினேழின் சாவி இருக்கிறது. அதன் பின்னால் பதினெட்டு, அதன் பின்னால் முப்பத்தொன்று, அதற்கும் பின்னால் கண்ணுக்கு எட்டிய மட்டும் சாம்பல் வண்டிகள், எல்லாவற்றின் முன்கண்ணாடியிலும் வானம்தான் தெரிகிறது.

"பின்னால வர்றது யாரு ஓட்டறா?" என்றேன்.

"என்னைக் கேக்காதீங்கம்மா. நான் முன்னாலயே ஒழுங்காப் பாக்கறதில்லை" என்றார் கதவுக்காரர். ஆனால் அதற்கப்புறம் கதவுக்காக ஒரு தடவைகூட நிறுத்தவில்லை.

மேனேஜர் கொடி காட்டியதும் நாங்கள் இருபத்துமூன்று பேரும் ஓரமாக நிறுத்திவிட்டோம். மற்றவை இன்னும் ஆறு சுற்று சுற்றின. அத்தனை ஒழுங்கு, வளைவில் விளக்குப் போட்டுத் திரும்பின, ஒன்றுகூட ஹாரன் அடிக்கவில்லை. நான் வீட்டுக்கு வரும்போது பதினேழு தன் இடத்தில் நின்றுகொண்டிருந்தது, பானட் தொட முடியாத சூடு. "போறதுன்னா சொல்லிட்டுப் போகணும், பொறுப்பு என்னுது" என்று ஒரு தட்டுத் தட்டினேன். குழு என்ன எழுதிவிட்டுப் போயிருக்கிறது தெரியுமா? முந்நூற்றுப் பன்னிரண்டு வண்டிகள் ஓட்டத்தில் காணப்பட்டன, இவ்வூர் மக்கள் பொறுமைசாலிகள், தொழில் நல்ல நிலையில் உள்ளது. முத்திரை போட்ட காகிதம். எது செத்துப் போச்சு என்கிறாய்?

ஆகவே கண்ணு, வீம்பை விட்டுவிட்டுக் கிளம்பி வா. உன் அறையைப் பெருக்கி வைத்திருக்கிறேன், கட்டிலில் உன் பழைய நீல விரிப்பைப் போட்டிருக்கிறேன். ஜன்னலை மட்டும் முழுக்கத் திறக்க முடியாது, ஐந்தாம் நம்பர் வண்டி இடிக்கும். நான் வாக்குத் தவறியவள் என்று பெயர் வாங்காமல் இருப்பதும், இந்த ஊர் இன்னும் கொஞ்ச நாள் இருப்பதும் உன் ஒரு கையெழுத்தில் இருக்கிறது. உன் அம்மாவை ஈரத்தலையோடு வெளியே போக வேண்டாம் என்று சொல்லவும். நீ உட்காரும் நாற்காலி ஆடாதிருக்கவும், உன் பேனா வறளாதிருக்கவும், உன் பெயர் சொன்னால் நாலு பேர் எழுந்து நிற்கவும் வேண்டிக்கொண்டு ஆசீர்வதிக்கும்,

உன் பாட்டி,
சீட் பிரிவுத் தலைவி (ஓய்வு).

பி.கு. இந்தக் கடிதத்தைத் தபாலில் போடப் போனேன். வழியில் மேனேஜர் காரை நிறுத்தி இறங்கி வந்து கும்பிட்டார். "ரொம்ப நன்றி பாட்டிம்மா. ஒண்ணாந்தேதிக்கு இன்னும் மூணு வாரம் இருக்கு, உங்க பேத்தி இன்னைக்குக் காலையிலேயே சேந்துட்டாங்களே" என்றார். நான் இப்போதுதானே எழுதியிருக்கிறேன் என்றேன். "வேலையில கெட்டி. தலையை நிமித்தறதே இல்லை" என்கிறார். முழங்காலைப் பார்க்காமல் ஃபாக்டரிக்கு நடந்தேன். பரிசோதகர் அறைக் கதவு பாதி திறந்திருந்தது. மேஜைமேல் நானூறு தாள், அத்தனையிலும் உன் கையெழுத்து, கடைசி எழுத்துக்கு நீ போடும் அந்த நீள வாலோடு. பக்கத்தில் ஆவி பறக்கும் டீ. மேலே படிந்த ஆடையை விரலால் எடுத்துத் தட்டின் ஓரத்தில் ஒட்டி வைத்திருந்தது, நாலு வயசிலிருந்து நீ செய்வாயே, அப்படி. நாற்காலி எனக்கு முதுகு காட்டிக்கொண்டிருந்தது. வாசலில் நின்றபடியே உன்னை வீட்டில் கூப்பிடும் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டேன். "ஒரு நிமிஷம் பாட்டி, முடிச்சிட்டு வர்றேன்" என்று பதில் வந்தது. உன் குரல்தான். நான் அந்த ஒரு நிமிஷம் நிற்கவில்லை.

ஆகையால் நீ வர வேண்டாம். மேலே எழுதியதையெல்லாம் அடித்துவிட்டதாக வைத்துக்கொள். திரும்ப எழுத நேரமில்லை, தபால் எடுக்க ஆள் வீட்டு வாசலில் வந்து நிற்கிறார். நீ சொன்னது சரி என்று நான் ஒத்துக்கொண்டதாக நினைத்துக்கொள்ளாதே, வேலைக்கு ஆள் கிடைத்துவிட்டது, அவ்வளவுதான். நீ இருக்கும் இடத்திலேயே இரு, இங்கிருந்து எந்தக் காகிதம் வந்தாலும் கையெழுத்துப் போடாதே. சாயங்காலம் ஷிஃப்ட் முடிந்ததும் அவள் இங்கேதான் வருவாள் என்று மேனேஜர் சொல்கிறார், வேறு எங்கே போவாள். உன் நீல விரிப்பை எடுத்துப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிட்டு அவளுக்கு வேறொன்று விரித்திருக்கிறேன். இது கிடைத்ததும் போன் செய். நான்தான் எடுப்பேன். உன் குரலில் யாராவது எடுத்தால், ராங் நம்பர் என்று சொல்லி வைத்துவிடு.