ஆறு பிரவுசர், ஒரே இன்ஜின்

ஜவ்வாது மலையின் மேலும் கீழும் இன்ஜின்காரரிடம் திட்டு வாங்காத போனே கிடையாது. என் போன் வாங்கிய திட்டை மட்டும் எழுதினாலே இந்த இதழின் பக்கங்கள் போதாது.

ஒடுகத்தூர் பஸ் ஸ்டாண்டு பக்கம் போன் பழுதுபார்க்கும் கடை வைத்திருந்தார். அவருடைய சொந்தப் பெயர் எனக்கு இன்றுவரை தெரியாது. பிரவுசருக்குள்ளே, இணையப் பக்கத்தைப் படித்துத் திரையில் வரைந்து காட்டும் பகுதிக்கு இன்ஜின் என்று பெயர். திரை உடைந்துவிட்டது என்று வருகிறவரிடமும் அவர் அதைப் பற்றித்தான் பேசுவார். டீக்கடையில் அவர் தலையைக் கண்டதும் ஒருவர் போனை வேட்டி மடிப்பில் ஒளித்ததை நானே பார்த்திருக்கிறேன்.

நான் அப்போது மலைப் பெண்கள் குழுக்களுக்கு உதவும் ஒரு தொண்டு அமைப்பில் வேலை பார்த்தேன். புதிதாக வாங்கிய விலை உயர்ந்த போனைப் பெருமையாக அவரிடம் நீட்டினேன். மனிதர் முகம் சுருங்கிவிட்டது.

"இன்னா சார், இதப் போய் வாங்கினு வந்துகிறீங்க? இந்த கம்பெனி போன்ல எந்த பிரவுசர் ஏத்துனாலும் உள்ள ஓடுறது அவன் இன்ஜின்தான். அடுத்தவன் இன்ஜின் உள்ள வரக்கூடாதுன்னு ரூல் போட்டு வச்சிகிறான். பேரு வேற, கலரு வேற, அவ்ளோதான்!"

"அதனால எனக்கு இன்னா போச்சு?" என்றேன்.

"ஒரு நாள் தெரியும் சார்."

அந்த நாள் வந்தது. நெல்லிவாசல்நாட்டில் லட்சுமியக்காவின் குழு, சாமைக்கு உமி நீக்கும் மெஷின் கேட்டு அரசின் இணையதளத்தில் விண்ணப்பிக்க வேண்டும். மாலை ஐந்து மணியோடு கெடு முடிகிறது. தவறினால் இன்னொரு வருடம் மூட்டை மூட்டையாகச் சாமையை ஒடுகத்தூருக்கு இறக்கி, அரிசியாக்கி, திரும்ப ஏற்ற வேண்டும். அவர்கள் ஊரில் சிக்னல் கிடையாது. மலைப்பாதையில் ஒரே ஒரு வளைவில் கிடைக்கும். எந்த ஷேர் ஜீப் வந்தாலும் அங்கே நிற்கும். எல்லோரும் போன் பேசி முடித்த பிறகுதான் கிளம்பும். நானும் அக்காவும் நான்கு மணிக்கே அங்கே போய் உட்கார்ந்துவிட்டோம்.

படிவத்தை நிரப்பிச் சேமித்தேன். மெஷின் வைக்கும் இடத்தை மேப்பில் குறிக்க வேண்டிய கட்டம் மட்டும் வெள்ளையாகவே நின்றது. வேறு பிரவுசர் இறக்கினேன். வெள்ளை. இன்னொன்று. அதுவும் வெள்ளை. ஆறாவதிலும் அதே கதைதான்.

"இன்னும் ஒண்ணு ஏத்திப் பாருங்க சார்" என்றார் அக்கா.

மணி நாலே முக்கால். ஒரு ஜீப் வந்து நின்றது. அதன் கூரையிலிருந்து குதித்தார் இன்ஜின்காரர்!

என் திரையைப் பார்த்ததும் தலையில் அடித்துக்கொண்டார். "ஆறு பிரவுசரா! உள்ள ஒரே இன்ஜின் சார். ஒண்ணு பண்ற தப்பத்தான் ஆறும் பண்ணும்!"

சொல்லிவிட்டு ஜீப் பக்கம் திரும்பினார். "யாரும் போன் பேசக்கூடாது! வேற கம்பெனி போன் வச்சிகிறவங்க கைய தூக்குங்க!"

ஜீப்பே கையைத் தூக்கியது. புளி மூட்டைமேல் உட்கார்ந்திருந்த ஒருவரின் விரிசல் விட்ட போனைப் பிடுங்கினார்.

"யோவ், வூட்ல பேசினு இருக்கேன்யா!"

"அப்புறம் பேசு மாமா. இங்க மெஷினே போய்டும்!"

அந்தப் போனில் என் படிவத்தைத் திறந்தோம். வெள்ளைக் கட்டத்தில் ஜவ்வாது மலை பச்சைப்பசேலென்று விரிந்தது! அக்கா வழி சொன்னார். ஜீப்பில் இருந்த அத்தனை பேரும் சேர்ந்து சொன்னார்கள். "கோயிலத் தாண்டு... இன்னும் மேல... அங்கதான், அங்கதான்!" ஐந்துக்கு இரண்டு நிமிடம் இருக்கும்போது விண்ணப்பம் போய்ச் சேர்ந்தது. டிரைவர் ஹாரனிலிருந்து கையை எடுக்கவே இல்லை. லட்சுமியக்கா அழுதுகொண்டே சிரித்தார்.

மெஷினும் வந்தது. அதில் முதலில் உமி நீக்கிய சாமையரிசியில் இன்ஜின்காரருக்கு ஒரு படி போயிற்று.

பிறகு, வெளிநாட்டில் சில இடங்களில் சட்டம் போட்டு அந்த போன் கம்பெனியின் இன்ஜின் ரூலைத் தளர்த்த வைத்திருக்கிறார்கள் என்று செய்தி வந்தது. மனிதர் பஸ் ஸ்டாண்டு முழுக்க லட்டு கொடுத்தார்.

"நம்மூருக்கும் வந்துடுச்சா?" என்று கேட்டேன்.

"இன்னும் வரல சார். வர்றப்ப மறுபடியும் தர்றேன்!"

நான் இப்போது வேறு ஊரில் இருக்கிறேன். போன் அதேதான். ஆறு பிரவுசரையும் இன்னும் அழிக்கவில்லை. நம் ஊருக்கும் அந்த நாள் வந்தால், லட்டு வாங்கிக்கொண்டு ஒடுகத்தூருக்கு பஸ் ஏறப் போவது நான்தான். என் போனில் முதல் வெளி இன்ஜினை அவர் கையால்தான் ஏற்ற வேண்டும்.