நூறாவது ஆளும் ஹெல்மெட் அண்ணனும்

நூற்றில் ஒருவருக்கு ஆபத்து என்று டாக்டர் சொன்னால், முதல் தொண்ணூற்றொன்பது பேர் தப்பித்து நூறாவது ஆள் மாட்டுவான் என்றுதான் நாற்பத்தெட்டு வயது வரை நம்பிக்கொண்டிருந்தேன். அந்த நம்பிக்கையிலிருந்து என்னை இறக்கிவிட்டவர், கள்ளக்குறிச்சி மாவட்டத்திலேயே மிகப்பெரிய பயந்தாங்கொள்ளியான ஹெல்மெட் அண்ணன்.

இன்சூரன்ஸ் ஏஜென்ட். நிஜப்பெயர் அவருடைய ஆதார் அட்டைக்கு மட்டும்தான் தெரியும். வண்டி ஓட்டுகிறவனே போடாத ஹெல்மெட்டை அவர் டீக்கடையில் போட்டிருப்பார். கடைக்கு மேலே ஒரு தென்னைமரம். கண்ணாடியைத் தூக்கி ஒரு வாய் டீ, இறக்கிவிட்டு மேலே ஒரு பார்வை.

“இன்னாண்ணே, இங்க காய் வுழுந்து முப்பது வருஷம் ஆச்சே?”

“வுழற வாய்ப்பு கம்மிதான். வுழுந்தா அடி ஜாஸ்தி. ரெண்டையும் தனித்தனியா பாரு.”

சலூனிலும் கழற்றமாட்டார், காதுக்குக் கீழே மட்டும் வெட்டிக்கொண்டு போவார் என்று சலூன்காரர் சத்தியம் செய்வார்.

போன வருடம் எனக்குக் குடலிறக்க ஆபரேஷன். “பயப்படாதீங்க, நூத்துல ஒருத்தருக்குத் தையல்ல சீழ் கோத்துக்கும், அவ்ளோதான்” என்றார் டாக்டர். ‘நூத்துல ஒருத்தர்’ வரைதான் என் காதில் விழுந்தது. மீதியை நானே போட்டுக்கொண்டேன். மறுநாள் காலை ஆபரேஷனுக்குத் தயாராக இருந்தபோது நர்ஸம்மா பல்லெல்லாம் தெரிய வந்தார்.

“சார், இந்த ஆபரேஷன்ல நம்ம ஆஸ்பத்திரிக்கு நூறாவது ஆளு நீங்கதான்! டாக்டர் கேக் வாங்கியாரச் சொல்லிக்கிறாரு!”

எனக்குக் கேக் தெரியவில்லை. என் போட்டோவுக்குப் போடும் மாலைதான் தெரிந்தது.

அடுத்து எனக்கு நிதானம் வந்தபோது பஸ் ஸ்டாண்டில், வெள்ளிமலை பஸ்ஸில் உட்கார்ந்திருந்தேன். இடுப்பில் வேட்டி, மேலே ஆஸ்பத்திரியின் பச்சைச் சட்டை, முதுகுப்பக்கம் முழுக்கத் திறந்து. கண்டக்டர் டிக்கெட் கேட்கவே பயந்தார்.

பக்கத்தில் ஒரு ஹெல்மெட் வந்து உட்கார்ந்தது. என் மனைவி போன் போட்டுவிட்டாள்.

“எங்கடா ஓடிக்கினு இருக்க?”

“அண்ணே, நான் போய்ட்டா அந்த அஞ்சு லட்சத்த வூட்டுல குடுத்துருங்க.”

“எந்த அஞ்சு லட்சம்? உன்து ஆஸ்பத்திரி பாலிசிடா! அஞ்சு லட்சம்ங்கறது உச்சவரம்பு. அதுக்குள்ள எவ்ளோ செலவாவுதோ அவ்ளோதான் தருவாங்க. செத்தா தர்றது ஆயுள் பாலிசி. அது வேணாம்னுதான் அன்னிக்கு என்னை வெரட்டுனியே!”

மூன்று வருடம் விடாமல் பிரீமியம் கட்டியும், செத்தால் ஒரு பைசா கிடையாதா? சாவதில் இவ்வளவு பெரிய நஷ்டமா?

“அப்ப, அந்த நூறாவது ஆளு?”

“டேய், டாக்டர் இன்னா ரேஷன் கடையா நடத்தறாரு, வரிசைல நின்னா உன் முறை வர்றதுக்கு? ஒவ்வொருத்தனுக்கும் மொதல்லேர்ந்துதான்டா கணக்கு. அதுவும் சீழ்தான், சாவு இல்ல. இந்த பஸ்ஸு தொண்ணூத்தொம்பது வாட்டி மலை ஏறி இறங்கிச்சுன்னு வெச்சுக்க. இன்னிக்கு நூறாவது வாட்டின்னா உருண்டுடுமா?”

அந்தக் கோணத்தில் நான் யோசிக்கவே இல்லை. உடனே பஸ்ஸைவிட்டு இறங்கிவிட்டேன்.

ஆபரேஷன் அறை வாசல் வரை அண்ணன் என் கையை விடவில்லை. கோர்த்திருந்த கை சில்லென்று வேர்த்திருந்தது. என் வேர்வை என்றே நினைத்தேன்.

முக்கால் மணி நேரத்தில் எல்லாம் முடிந்தது. தையலில் பின்னாலும் சீழ் கோக்கவில்லை. கண் விழித்ததும், “ஹெல்மெட் அண்ணன் எங்கே?” என்றேன். மனைவி பக்கத்துக் கட்டிலைக் காட்டினாள். கையில் குளுகோஸ் ஏறிக்கொண்டிருக்க, அண்ணன் படுத்திருந்தார்.

என்னை உள்ளே தள்ளிக்கொண்டுபோய்க் கதவைச் சாத்தியதுமே மயங்கி விழுந்துவிட்டாராம். ஹெல்மெட் போட்டிருந்ததால் தலையில் அடியில்லை.